கழற்றிய அரங்கும் காப்பாற்றிய காகிதமும்

எமது கலைவிழாக்களில் அரங்கம் அமைப்பவர் யார்? வேலை முடிந்து வந்து, இரவிரவாக அட்டையிலே கோபுரமும் கிடுகுவேலியும் வரைந்து நிறுத்துபவர். மறுநாள் நடிகருக்குப் பொன்னாடை, தலைவருக்கு மாலை. வரைந்தவருக்கு மண்டபம் கூட்டும் வேலை. துண்டுப்பிரசுரத்தில் பெயர்கூட இல்லை. கோபுரமோ குப்பைத்தொட்டியில்.

நாம் வாழும் இதே ஜேர்மனியில், பேர்லினில், ஒரு கலை இயக்குநரின் சுமார் 4000 வரைபடங்கள் பேணப்படுகின்றன. அவரும் ஓர் அகதிதான்.

1921இல் பேர்லினில் யூதக் குடும்பமொன்றில் பிறந்தவர் கிளவுஸ் ஆடம். தகப்பன் முதலாம் உலகப்போரில் ஜேர்மன் படையில் நின்றவர். நகரின் நடுவே பெயர்பெற்ற கடை வைத்திருந்தவர். நாசிகளிடம் எதுவும் செல்லுபடியாகவில்லை. 1934இல் குடும்பம் இலண்டனுக்குப் புலம்பெயர்ந்தது. தாய் தங்குவிடுதி நடத்தினார். கிளவுஸ், கென் ஆனார். கட்டடக்கலை படித்தார். பிரித்தானிய விமானப்படையில் சேர்ந்து, பிறந்த நாட்டின் படைகளையே தாக்கினார். பிடிபட்டிருந்தால் துரோகி என்று சுட்டிருப்பார்கள். அந்தச் சொல்லின் விலை எமக்கும் தெரியும்.

போருக்குப் பின் திரைப்படத்துக்கு வந்தார். 1964இல் ஸ்ரான்லி குப்ரிக்கின் 'டொக்டர் ஸ்ரேஞ்லவ்' படத்திற்காக அவர் கட்டிய போர் அறையைப் பாருங்கள். சாய்ந்த சுவர்கள், இருட்டு, பெரிய வட்டமேசை, அதன் மேலே வளையமாய் விளக்குகள். உலகை அழிக்கப்போகிறவர்கள் சூதாடிகளைப்போல் அமர்ந்திருக்கிறார்கள். கறுப்புவெள்ளைப் படமாயிருந்தும் மேசைக்குப் பச்சைத்துணி விரித்தார்கள். வசனம் சொல்லாத அரசியலை அந்த அறை சொல்கிறது. பின்னர் ஜேம்ஸ் பொண்ட் படமொன்றுக்கு ஓர் எரிமலையின் வயிற்றையே கட்டினார். இரண்டு ஒஸ்கார்கள் பெற்றார். 2003இல் 'சேர்' பட்டம். 2016இல் இலண்டனில் காலமானார்.

தன்னைப் பாதித்த படமாக அவர் சொன்னது, ஜேர்மன் மௌனப்படமான 'டொக்டர் கலிகரி' (1920). பிறந்த மண்ணிலிருந்து கோணலான சுவர்களையும் நிழல்களையும் எடுத்துக்கொண்டார். அவற்றால் புதிய உலகங்களைக் கட்டினார். நாமோ அதே கிணற்றையும் அதே பனையையும் வருடந்தோறும் அட்டையில் வெட்டுகிறோம். ஊர் நினைவு வேண்டாம் என்பதல்ல எமது வாதம். நினைவைச் சிந்திக்காமல் நிறுத்திவைத்தால் அது வெறும் அலங்காரம்.

படப்பிடிப்பு முடிந்ததும் அரங்கைக் கழற்றிவிடுவார்கள். எஞ்சுவது காகிதம். அந்தக் காகிதங்களை ஆடம் 2012இல் பேர்லின் திரைப்பட அருங்காட்சியகத்திடம் ஒப்படைத்தார். துரத்திய நகரம் இன்று பெருமைப்படுகிறது. பெருமைப்படட்டும், துரத்திய குற்றம் அதனால் கழுவப்படாது. ஆனால் அது பாதுகாக்கிறதே! நாம்?

'போராட்டம் முடியட்டும், கலையைப் பிறகு பார்க்கலாம்' என்றார்கள். 2009இல் போர் முடிந்தது. இனி என்ன சாட்டு? 1981இல் யாழ் நூலகத்தை எரித்தவர்களை மேடையேறிச் சபிக்கிறோம். அதே மேடையின் பின்திரையை, விழா முடிந்த கையோடு நாமே கிழித்தெறிகிறோம். அதற்கு எந்தப் பொலிசும் வரத் தேவையில்லை.

பெரிதாக எதையும் நாம் கேட்கவில்லை. அடுத்த விழாவில் அரங்கம் அமைத்தவரின் பெயரை அச்சிடுங்கள். கழற்றுமுன் ஒரு படம் எடுங்கள். அவர் வரைந்த தாளை வாங்கி, திகதியிட்டு, ஒரு பெட்டியில் வையுங்கள். இதற்கும் நாடு கிடைக்கும்வரை காத்திருக்க வேண்டுமா?