பழைய விளையாட்டுப் பெட்டியைத் திறக்கலாமா?



உங்கள் வீட்டுப் பரணில் பழைய வீடியோ கேம் பெட்டி ஏதேனும் கிடக்கிறதா? அண்ணனோ, அக்காவோ, மாமாவோ ஆடி ஓய்ந்துபோன பெட்டி. அதை என்ன செய்வதாக இருக்கிறீர்கள்? பழைய இரும்புக்காரரிடம் எடைக்குப் போட்டுவிடுவதாகத்தானே?

சென்ற ஆண்டு ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஆவடியிலிருந்து பதினோராம் வகுப்பு மாணவர் ஒருவர் தம் தந்தையுடன் அம்பத்தூரில் உள்ள என் வீட்டுக்கு வந்தார். கையில் மஞ்சள் பை. பைக்குள் பிளேஸ்டேஷன் 2. லென்ஸ் மங்கிப்போய், வட்டுகளைப் படிக்க மறுத்த பெட்டி அது.

"இதில நானே எழுதின புரோகிராமை ஓட்ட முடியுமாம் சார். செய்யலாமா?" என்று மகன் கேட்டார்.

"பொட்டி கெட்டுப்போச்சுன்னா? கரண்ட் அடிச்சுதுன்னா? போலீசு, கேசுன்னு ஆயிடுச்சுன்னா?" என்று தந்தை கேட்டார்.

மகனின் ஒரு கேள்விக்குத் தந்தையிடம் மூன்று கேள்விகள்! என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். செய்யலாம், செய்யத்தான் வேண்டும். ஆனால் தந்தையின் மூன்று கேள்விகளுக்கும் மகன் விடை சொல்லக் கற்றுக்கொண்ட பிறகே செய்ய வேண்டும். அந்த விடைகளைத் தேடுவதே ஒரு நல்ல இயற்பியல் பாடம் என்பதை இக்கட்டுரையின் முடிவில் நீங்களும் ஒப்புக்கொள்வீர்கள்.

முதலில் அந்தப் பெட்டி யாது என்று பார்ப்போம். பிளேஸ்டேஷன் 2, ஜப்பானில் 2000 மார்ச்சில் விற்பனைக்கு வந்தது. 2013இல் அதன் உற்பத்தி நின்றது. இடைப்பட்ட ஆண்டுகளில் உலகெங்கும் 15 கோடிக்கும் மேற்பட்ட பெட்டிகள் விற்றன. நம் நாட்டிலும் அது பரவலாக விற்றது. 2009இல் ஐதராபாத்தைச் சேர்ந்த அரோனா டெக்னாலஜீஸ் நிறுவனம் 'ஹனுமான்: பாய் வாரியர்' என்ற விளையாட்டை இப்பெட்டிக்காகவே உருவாக்கியது. கபடியும் கிட்டிப்புள்ளும் இடம்பெற்ற 'தேசி அட்டா'வும் இதே பெட்டிக்காக இந்தியாவில் உருவானதே.

பெட்டிக்குள் இருப்பது என்ன? விநாடிக்குச் சுமார் 29.5 கோடி துடிப்புகளில் இயங்கும் ஒரு செயலகச் சில்லு; 32 மெகாபைட் நினைவகம்; படம் வரைய ஒரு சில்லு; ஒலிக்கு ஒரு சில்லு. அதாவது, அது முழுமையான ஒரு கணிப்பொறி! அப்படியானால் நாம் எழுதும் நிரலை அது ஏன் ஓட்டுவதில்லை? பூட்டப்பட்டிருப்பதால்தான். செருகப்படும் வட்டு நிறுவனம் அனுமதித்த வட்டுதானா என்று அது சோதிக்கும். நம் கணிப்பொறியில் எழுதிய வட்டில் அந்த அடையாளம் இராது. எனவே நம் நிரலை அது தொடுவதே இல்லை.

இத்தகைய பெட்டிகளில் ஓடுவதற்காக ஆர்வலர்கள் தாமே எழுதும் நிரல்களுக்கு 'ஹோம்ப்ரூ' என்று பெயர். நம் வழக்கில் 'வீட்டுச் சமையல்' எனலாம். ஓட்டலில் பரிமாறுவதை உண்பது ஒரு வகை. அடுப்படியில் நின்று தானே சமைத்து உண்பது வேறு வகை. உப்புக் கூடினால் எதனால் கூடியது என்பது சமைத்தவருக்குத்தான் தெரியும் அல்லவா?

தயாரித்த நிறுவனமே ஒரு காலத்தில் இந்தச் சமையலுக்கு இடம் கொடுத்தது என்பது பலருக்குத் தெரியாது. 2001இல் ஜப்பானிலும், 2002இல் வேறு சில நாடுகளிலும், இப்பெட்டியை லினக்ஸ் கணிப்பொறியாக்கும் ஒரு தொகுப்பைச் சோனி நிறுவனம் விற்றது. விசைப்பலகை, சுட்டி, 40 ஜிகாபைட் வன்தட்டு ஆகியவை அதில் அடங்கும்.

இனி தந்தையின் முதல் கேள்விக்கு வருவோம். பெட்டி கெட்டுப்போகுமா?

வெப்ப இயக்கவியல் பாடத்தில் மீள் நிகழ்வு, மீளா நிகழ்வு என்று படித்திருப்பீர்கள். ஒரு கருவியில் கைவைக்கும் முன் நீங்கள் கேட்க வேண்டிய கேள்வியும் இதுதான்: நான் செய்யப்போகும் மாற்றத்திலிருந்து பழைய நிலைக்குத் திரும்ப முடியுமா?

முன்பெல்லாம் பெட்டியைப் பிரித்து, 'மாட்சிப்' என்ற சில்லை உள்ளே சால்டரிங் செய்து பூட்டை ஏமாற்றுவார்கள். சில வகைகளுக்கு இருபதுக்கும் மேற்பட்ட மெல்லிய கம்பிகளைப் பற்றவைக்க வேண்டும். சூடு சற்று மிகுந்தால் சுற்றுப்பலகையின் செப்புத் தடம் பெயர்ந்துவிடும். இது மீளா நிகழ்வு. மாணவர்களுக்கு நான் இதைப் பரிந்துரைப்பதில்லை.

2008இல் ஆர்வலர்கள் வேறொரு வழியைக் கண்டனர். இப்பெட்டி விழித்தெழும்போது, தன் நிரலுக்குப் புதிய திருத்தம் ஏதேனும் மெமரி கார்டில் உள்ளதா என்று பார்க்கும். நிறுவனமே வைத்த ஏற்பாடு இது. அந்த இடத்தில் தங்கள் நிரலை வைத்தார்கள். 'ஃப்ரீ மெக்பூட்' என்று அதற்குப் பெயர். கார்டைச் செருகி விசையைப் போட்டால், வட்டு இல்லாமலேயே ஒரு பட்டியல் திரையில் தோன்றும். பென்டிரைவில் உள்ள நம் நிரலை அங்கிருந்து ஓட்டலாம். லென்ஸ் கெட்ட பெட்டிக்கும் இப்படி மறுவாழ்வு கிடைக்கிறது.

பெட்டியின் அடிப்படை நிரல், மாற்றி எழுத முடியாத நினைவகத்தில் உள்ளது. அதை நாம் தொடுவதே இல்லை. கார்டை உருவிவிட்டால் பெட்டி பழையபடி ஆகிவிடும். இது மீள் நிகழ்வு! திறப்பது என்று நான் சொல்வது இப்படித் திறப்பதைத்தான். திருப்புளியால் திறப்பதை அன்று.

சில எச்சரிக்கைகள் உண்டு. கார்டு 'மேஜிக்கேட்' வசதியுள்ள 8 மெகாபைட் கார்டாக இருக்க வேண்டும். அதைத் தயார் செய்ய, ஏற்கெனவே இவ்வாறு இயங்கும் மற்றொரு பெட்டி தேவை. எனவே தெரிந்தவர் ஒருவரின் துணையை நாடுங்கள். பெட்டியின் மாதிரி எண்ணைப் படியுங்கள். கடைசியாக வந்த 90000 வரிசையின் பெரும்பாலான பெட்டிகளில் இவ்வழி செல்லாது. அவற்றுக்கு வேறு முறைகள் உள்ளன. கார்டில் எழுதிக்கொண்டிருக்கும்போது உருவாதீர்கள். அந்நேரத்தில் மின்சாரம் போனால் கார்டு பழுதாகலாம். நம் பகுதியில் மழைநாள் மாலைகளில் இந்த வேலையைத் தள்ளிப்போடுவதே நலம்!

எல்லாப் பெட்டிகளும் இவ்வளவு பொறுமையானவை அல்ல. நின்டெண்டோ வீ போன்றவற்றில் அடிப்படை நிரலின் பெரும்பகுதி மாற்றி எழுதக்கூடிய நினைவகத்தில் இருக்கிறது. அங்கு தவறாக எழுதினால் பெட்டி வெறும் செங்கல்தான். எழுதும் முன் முழு நினைவகத்துக்கும் ஒரு நகல் எடுத்துவைப்பது அங்கு கட்டாயம்.

இரண்டாவது கேள்வி: கரண்ட் அடிக்குமா?

இதற்கு என் அனுபவத்தையே சொல்கிறேன். பதினைந்து வயதில் வீட்டுப் பழைய தொலைக்காட்சியின் பின்மூடியைக் கழற்றினேன். பிளக்கைப் பிடுங்கிவிட்டேனே, இனி என்ன பயம் என்று நினைத்தேன். உள்ளே விரல் பட்ட கணத்தில் கை உதறி, முழங்கை சுவரில் மோதியது. அந்தத் தழும்பு இன்றும் இருக்கிறது. பிளக்கைப் பிடுங்கியவனுக்கு மின்தேக்கியைப் பற்றி ஒன்றும் தெரியாது!

கணக்கைப் பாருங்கள். நம் வீட்டு 230 வோல்ட் மாறுதிசை மின்னோட்டத்தின் உச்ச மின்னழுத்தம் சுமார் 325 வோல்ட். அந்த அழுத்தத்தில் 100 மைக்ரோஃபாரட் மின்தேக்கி தேக்கும் ஆற்றல், ½CV² சூத்திரப்படி, சுமார் 5.3 ஜூல். ஒரு கிலோ எடைக்கல் அரை மீட்டருக்கும் சற்று அதிக உயரத்திலிருந்து விழும்போது பெறும் ஆற்றல் அது. மின்சாரம் உடலில் எவ்வழியே பாய்கிறது என்பதைப் பொறுத்து இது உயிருக்கே உலை வைக்கலாம்.

பிளேஸ்டேஷன் 2இன் பழைய தடித்த பெட்டிகளிலும், 90000 வரிசையிலும் மின்வழங்கிப் பகுதி பெட்டிக்குள்ளேயே இருக்கிறது. 2004இல் வந்த மெல்லிய 70000 வரிசைக்கு அது வெளியே தனி அடாப்டராக உள்ளது. பெட்டிக்குள் போவது 8.5 வோல்ட் மட்டுமே. எதுவானாலும், நாம் சொன்ன வழிக்கு மூடியைக் கழற்ற வேண்டிய தேவையே இல்லை. லென்ஸைத் துடைக்கிறேன் என்று இயங்கும் பெட்டிக்குள் எட்டிப் பார்க்கவும் வேண்டாம். குறுந்தகட்டைப் படிக்கும் 780 நானோமீட்டர் லேசர் ஒளி நம் கண்ணுக்கு ஏறத்தாழத் தெரியாதது. தெரியாத ஒளிக்குக் கண் இமைக்காது.

இன்னொன்று. அமெரிக்காவிலிருந்து சித்தப்பா கொண்டுவந்த பெட்டியா? பின்னால் ஒட்டியிருக்கும் சீட்டைப் படியுங்கள். 120 வோல்ட் என்று மட்டும் இருந்தால் நம் வீட்டுப் பிளக்கில் நேரடியாகச் செருகாதீர்கள். புகைதான் மிஞ்சும்.

மூன்றாவது கேள்வி: சட்டம் என்ன சொல்கிறது?

நம் நாட்டுப் பதிப்புரிமைச் சட்டம் 1957ஆம் ஆண்டினது. 2012இல் அதில் 65ஏ என்ற பிரிவு சேர்க்கப்பட்டது. பிறர் உரிமையை மீறும் நோக்கத்துடன் தொழில்நுட்பப் பூட்டை உடைப்பவருக்கு இரண்டாண்டு வரை சிறையும் அபராதமும் உண்டு என்கிறது அது. 'நோக்கத்துடன்' என்ற சொல்லைக் கவனியுங்கள். சட்டம் தடைசெய்யாத ஒரு செயலுக்காகப் பூட்டைக் கடப்பதை அதே பிரிவு விலக்கிவைக்கிறது. ஒரு நிரல் எப்படி இயங்குகிறது என்று ஆராய்ந்து அறிவதற்கு 52ஆம் பிரிவும் இடம் தருகிறது.

ஆகவே, நீங்கள் எழுதிய நிரலை உங்கள் பெட்டியில் ஓட்டுவது ஒன்று; பிறர் இரவு பகலாக உழைத்து உருவாக்கிய விளையாட்டைக் காசு கொடுக்காமல் நகலெடுப்பது வேறொன்று. கதவு ஒன்றுதான். அதன் வழியே நீங்கள் என்ன எடுத்துச் செல்கிறீர்கள் என்பதே கேள்வி. 'எல்லாரும் செய்கிறார்கள்' என்பது விடை ஆகாது. பழைய விளையாட்டைக் கடையில் இப்போது விற்பதில்லை என்பதும் அதன் உரிமையை நமக்குத் தந்துவிடாது.

இவ்வளவையும் கேட்ட பிறகும் தந்தையின் முகம் தெளியவில்லை. அவர் அம்பத்தூர் தொழிற்பேட்டையில் ஒரு பட்டறையில் லேத் ஓட்டுபவர். "உங்க லேத் எந்தக் காலத்து மெஷின்?" என்று கேட்டேன். "முப்பது வருஷம் இருக்கும் சார். அஞ்சு வருஷம் முன்னாடிதான் புது சி.என்.சி. கன்ட்ரோல் மாட்டினோம். படுக்கை இரும்பு அப்படியே இருக்கே, ஏன் தூக்கிப் போடணும்?" என்றார். சொல்லிவிட்டு அவரே சிரித்தார். பழைய இயந்திரத்தின் நல்ல உடம்புக்குப் புதிய மூளை தருவதை 1960களில் உருவான அந்தத் தொழிற்பேட்டைக்கு யாரும் கற்றுக்கொடுக்க வேண்டியதில்லை. அதையே மகன் செய்தால் மட்டும் 'விளையாட்டு' என்கிறோம்!

ஆனால் சும்மா விடவில்லை. மகனுக்கு ஒரு வேலை கொடுத்தேன். அப்பெட்டியின் கைக்கருவியில் உள்ள பெரும்பாலான பொத்தான்கள் அழுத்தத்தை உணர்பவை. எவ்வளவு அழுத்தமாக அமுக்குகிறோம் என்பதை 0 முதல் 255 வரை ஓர் எண்ணாகத் தெரிவிக்கும். "இந்தப் பொத்தானைத் தராசாக்க முடியுமா?" என்று கேட்டேன்.

லூவா மொழியில் சிறிய நிரல் ஒன்றை எழுதினார். தந்தையின் பட்டறையிலிருந்து ஒரே அளவு நட்டுகளை வாங்கி, மளிகைக் கடைத் தராசில் எடை பார்த்து, ஒவ்வொன்றாகப் பொத்தானின் மேல் அடுக்கினார். சுருள்வில்லைப்போல நேர்கோடு வரும் என்று எதிர்பார்த்தார். வரவில்லை. வரைபடம் முதலில் சோம்பிக் கிடந்து, பின் விறுவிறுவென ஏறி, மேலே போய்ச் சாய்ந்தது. நிரலில்தான் பிழை என்று இரண்டு நாள் தேடினார். பிழை நிரலில் இல்லை, இயற்கையே அப்படித்தான். பொத்தானுக்குக் கீழே இருப்பது மின்கடத்தும் ரப்பர். அமுக்க அமுக்கத் தொடும் பரப்பு கூடி மின்தடை குறைகிறது. அது எடைக்கு நேர்விகிதத்தில் குறைவதில்லை. எந்த உணர்கருவிக்கும் அளவுதிருத்தம் தேவை என்ற பாடத்தை, நான் கரும்பலகையில் ஒரு மாதம் எழுதியிருந்தாலும் இவ்வளவு நன்றாக அவர் கற்றிருக்கமாட்டார்.

இது சின்னஞ்சிறு முயற்சிதான். ஆனால் இதே பாதையில் பெரிய அறிவியலும் நடந்திருக்கிறது. 2007இல் அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் பல்கலைக்கழகத்தின் டார்ட்மவுத் வளாகத்தில் இந்திய வம்சாவளி இயற்பியலாளர் கௌரவ் கன்னா, 8 பிளேஸ்டேஷன் 3 பெட்டிகளை ஒன்றாக இணைத்துக் கருந்துளைகள் பற்றிய கணக்குகளைப் போட்டார். 2010இல் அமெரிக்க விமானப்படை 1,700க்கும் மேற்பட்ட பெட்டிகளை இணைத்தது. அதே 2010இல், வேறு இயங்குதளத்தை ஓட்டும் வசதியை நிறுவனம் ஒரு திருத்தத்தின் மூலம் நீக்கிவிட்டது. காசு கொடுத்து வாங்கிய பெட்டியில் நேற்று இருந்த கதவு இன்று இல்லை! நம் கருவிகளை நாம் புரிந்துகொள்ள வேண்டும் என்று நான் வற்புறுத்துவது இதனால்தான்.

"விளையாட்டுக்கு அடிமையாகிவிட மாட்டார்களா?" என்று ஆசிரிய நண்பர்கள் என்னைக் கேட்பதுண்டு. அந்த ஆபத்து இல்லை என்று சொல்லமாட்டேன். ஆனால் பிறர் செய்ததை ஆடுபவருக்கு எப்போது நிறுத்துவது என்று தெரிவது கடினம். தானே செய்பவரைப் பிழைகளே அவ்வப்போது எழுப்பி உட்காரவைக்கும்.

சில வாரங்கள் கழித்து அந்தத் தந்தை, வரைபடத் தாளுடன் தனியாக வந்தார். "சார், இந்த மாதிரி ரப்பரை எங்க பிரஸ் மெஷினுக்கு அடியில வெச்சா, அழுத்தம் எவ்வளவுன்னு காட்டுமா?" என்று கேட்டார். அது நான்காவது கேள்வி. விடையைச் சொல்லவில்லை, மகனிடம் கேட்கச் சொல்லி அனுப்பினேன்.

உங்கள் பரணிலும் ஒரு பெட்டி இருக்கக்கூடும். ஏணியை எடுங்கள். முதலில் பின்னால் உள்ள சீட்டைப் படியுங்கள்.