கடைசி ரீல் வரை நண்பர்

மனைவியைக் கொன்றதாகப் பொய்யாகக் குற்றம் சாட்டப்பட்டுத் தப்பி ஓடும் டாக்டர் கிம்பிள், சிகாகோவில் தன் நண்பரின் காரை மறிக்கிறார். நண்பர் பதறுகிறார், கையில் இருந்த பணத்தை எடுத்துக் கொடுக்கிறார். பார்ப்பவர்களுக்குச் சின்ன ஆறுதல், ஒரு நல்ல மனிதராவது மிஞ்சினாரே என்று. கொலைக்குப் பின்னால் இருந்தவரே அந்த நண்பர்தான் என்ற உண்மை படம் முடியும் தறுவாயில்தான் வெளிப்படுகிறது.

1993-ல் வெளியான 'தி ஃபியூஜிடிவ்' படத்தில் அந்த டாக்டர் நிக்கோல்ஸாக நடித்தவர் நெதர்லாந்தின் யெரூன் கிராபே. வேடமே தற்செயலாக வந்ததுதான். அதற்கு முதலில் ஒப்பந்தமான ரிச்சர்ட் ஜோர்டன் நோயில் விழ, கிராபே அழைக்கப்பட்டார். படம் சக்கைப்போடு போட்டது. சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கர் டாமி லீ ஜோன்ஸுக்குப் போனது. ரசிகர்களுக்கு கிராபேயின் முகம் பதிந்தது, பெயர் பதியவில்லை. துணை நடிகர்களின் தலையெழுத்து அது.

சொந்த ஊரில் கதை வேறு. பால் வெர்ஹோவன் இயக்கிய 'சோல்ஜர் ஆஃப் ஆரஞ்ச்' (1977) படத்தில் ருட்கர் ஹாவருக்கு இணையாக நின்றவர்; 'தி ஃபோர்த் மேன்' (1983) படத்தில் கதாநாயகனே அவர்தான். ஆனால் டச்சு சின்ன மொழி. நெதர்லாந்தின் மக்கள்தொகை இன்றும் சுமார் 1.8 கோடிதான். அங்கே உச்சிக்குப் போன நடிகருக்கு அடுத்த படி வெளிநாட்டில்தான். வெர்ஹோவனும் போனார், ஹாவரும் போனார், கிராபேயும் போனார்.

ஹாலிவுட்டில் அவருக்குக் கிடைத்தவை பெரும்பாலும் 'வெளிநாட்டுக்காரர்' வேடங்கள். ஜேம்ஸ் பாண்ட் படமான 'தி லிவிங் டேலைட்ஸ்'ஸில் (1987) எல்லோரையும் கட்டித் தழுவிக்கொண்டே ஏமாற்றும் ரஷ்ய ஜெனரல். 'ஸ்டாலின்' (1992) தொலைக்காட்சிப் படத்தில் புகாரின். 'இம்மார்ட்டல் பிலவட்'டில் (1994) பீத்தோவனின் உதவியாளர் ஷிண்ட்லர். 1999-ல் வந்த 'ஜீசஸ்' தொலைக்காட்சித் தொடரில் சாத்தானே அவர்தான். 'ஓஷன்ஸ் ட்வெல்வ்' (2004) படத்தில் ஒருவழியாக ஆம்ஸ்டர்டாம்காரர் வேடம் வந்தது. அந்தப் பாத்திரமோ வீட்டை விட்டு வெளியே வரவே அஞ்சும் ஆசாமி!

கிராபேயின் பலம் புன்னகை. அவருடைய வில்லன்கள் உறுமுவதில்லை. தோளில் கை போடுவார்கள், உபசரிப்பார்கள், அக்கறையாக விசாரிப்பார்கள். அதனால்தான் துரோகம் வெளிப்படும்போது வலிக்கிறது.

துரோகமும் இழப்பும் அவர் குடும்பத்துக்குப் புதிதல்ல. 1944 டிசம்பரில், நாஜிகளின் பிடியில் பசியால் வாடிய ஆம்ஸ்டர்டாமில் பிறந்தவர் கிராபே. தாய் யூதர். போருக்கு முன் நெதர்லாந்தில் இருந்த ஏறத்தாழ 1,40,000 யூதர்களில் சுமார் 1,02,000 பேர் கொல்லப்பட்டார்கள். போலந்தின் சோபிபோர் முகாமுக்கு மட்டும் ரயில்களில் ஏற்றி அனுப்பப்பட்டவர்கள் சுமார் 34,000 பேர். 1943-ல் அப்படிப் போய்த் திரும்பாதவர்களில் ஒருவர் ஆப்ரஹாம் ரைஸ், கிராபேயின் தாய்வழித் தாத்தா. பேரன் அவரைப் பார்த்ததே இல்லை.

இந்தக் காயத்தைத் தொட கிராபே பிறருடைய படங்களுக்காகக் காத்திருக்கவில்லை. அவர் முதலில் இயக்கிய 'லெஃப்ட் லகேஜ்' (1998), 1970-களின் ஆன்ட்வெர்ப்பில் வாழும் யூதக் குடும்பங்களின் கதை. போரின் நிழல் விலகாத வீடுகள். அதில் கண்டிப்பான தந்தை வேடத்தையும் அவரே ஏற்றார். படம் பெர்லின் விழாவின் போட்டிப் பிரிவில் இடம்பெற்றது.

அடுத்தது தூரிகை. கிராபேயின் தந்தையும் தந்தைவழித் தாத்தாவும் ஓவியர்கள். நடிப்பின் நடுவிலும் அவர் வரைவதை விடவில்லை. 2010-ல் 'ஆப்ரஹாம் ரைஸின் அழிவு' என்ற தலைப்பில் ஒன்பது பெரிய ஓவியங்களைக் காட்சிக்கு வைத்தார். பார்த்திராத தாத்தாவின் வாழ்க்கை, சோபிபோர் வரை.

பின்னர் டச்சுத் தொலைக்காட்சி அவரை வேறொரு வேலைக்கு அழைத்தது. 2015-ல் வான் கோவின் சுவடுகளையும், 2017-ல் பிக்காசோவின் சுவடுகளையும் தேடி ஊர் ஊராகப் போனார். அந்தத் தொடர்களில் அவருக்கு ஒப்பனையும் இல்லை, கடன் வாங்கிய உச்சரிப்பும் இல்லை. தலைப்பிலேயே பெயர் இருந்தது: கிராபே.