படகு மோதி மூணு வாரம் ஆச்சு: கோடு 'ஏ'வா, 'டி'யா?

அமெரிக்காவில் ஒருவர் மோதிய இரு மீன்பிடிப் படகுகளுக்கு நடுவே சிக்கினார் என்று வைத்துக்கொள்வோம். முழங்காலுக்குக் கீழே எலும்பு முறிவு, தோல் கிழியவில்லை. அறுவைச் சிகிச்சை முடிந்து மூன்று வாரம் கழித்து எக்ஸ்ரே எடுக்க வருகிறார். அந்த ஃபைல் சென்னையில் ஒரு மெடிக்கல் கோடரின் திரைக்கு வருகிறது.

2015 அக்டோபர் 1 முதல் அங்கே ஐசிடி-10-சிஎம் கோடுகள்தான். முறிவுக்கு எஸ்82 வரிசை. எப்படி அடிபட்டது என்பதற்கு வி91.12, இது துணைக் கோடு, முதலிடத்தில் போடக் கூடாது. சிக்கல் ஏழாவது எழுத்தில்.

'ஏ'ன்னா முதல் விசிட், 'டி'ன்னா அடுத்த விசிட்னு பலர் நினைக்கிறாங்க. அப்படி இல்லை. சிகிச்சை எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்பதுதான் கணக்கு. பத்தாம் நாள் வேறொரு டாக்டர் அறுவைச் சிகிச்சை செய்தாலும் 'ஏ'தான். எலும்பு கூடிவரும்போது மாவுக்கட்டு மாற்றுவது, எக்ஸ்ரே பார்ப்பது எல்லாம் 'டி'. ஆக, இவருக்கு வி91.12எக்ஸ்டி. நடுவில் உள்ள எக்ஸ் சும்மா இடம் நிரப்பத்தான்.

முறிவுக் கோட்டில் இன்னும் நுணுக்கம் உண்டு. எலும்பு கூடத் தாமதமானால் 'ஜி', கூடவே இல்லையென்றால் 'கே'. இதைக் கோடர் ஊகிக்க முடியாது, டாக்டர் குறிப்பில் இருக்கணும்.

"ஃபாலோ-அப்தானே" என்று பின்பராமரிப்புக்கான இசட் கோடு போடுவதும் வழக்கமான சறுக்கல். காயங்களுக்கு அது கிடையாது. எழுத்து மாறினால் கிளெய்ம் திரும்பி வரலாம். கோடருக்கு அது ஆடிட்டில் ஒரு பிழை. கட்டுப்போட்ட காலோடு இருப்பவருக்கோ வீடு தேடி வரும் பில்.