டி.எல்.எல். கோப்பு: அனுமதி கேட்காத விருந்தாளி

கணினியோடு பழகிய எவரும் ஒரு தடவையாவது அந்தச் சிறிய பெட்டியைக் கண்டிருப்பார்கள். மென்பொருளைத் திறக்க இரண்டு தடவை சொடுக்குவோம். அது திறக்காது. பதிலாக, எம்.எஸ்.வி.சி.பி.140.டி.எல்.எல். என்ற கோப்பைக் காணவில்லை, ஆகவே தொடர முடியாது என்று ஆங்கிலத்தில் ஒரு செய்தி வரும். பலரும் அடுத்துச் செய்வது அந்தப் பெயரை அப்படியே கூகுளில் தட்டுவதுதான். 'இலவசத் தரவிறக்கம்' என்று பெரிய பொத்தானோடு யார் நடத்துகிறார்கள் என்றே தெரியாத தளங்கள் வரிசையாக வந்து நிற்கும். ஒன்றிலிருந்து கோப்பை இறக்கி, மென்பொருளின் கோப்புறையில் போட்டதும் மென்பொருள் திறந்துவிடும். பிரச்சினை தீர்ந்தது என்று எல்லோரும் எழுந்து போய்விடுவார்கள்.

இந்தப் பழக்கம் எமது வீடுகளில் நிறுத்தப்பட வேண்டும் என்பது என் கருத்து. வெறுமனே 'செய்யாதே' என்று சொன்னால் யாரும் கேட்கப் போவதில்லை. ஏன் செய்யக்கூடாது என்பதை வகுப்பறையில் சொல்லித் தர வேண்டும்.

முதலில் இந்தக் கோப்பு என்னவென்று பார்ப்போம். விண்டோஸின் முதற் பதிப்பு 1985இல் வந்தபோது கணினிகளின் நினைவகம் மிகச் சிறியது. சாளரம் வரைவது, எழுத்தைக் காட்டுவது போன்ற வேலைகள் எல்லா மென்பொருளுக்கும் பொதுவானவை. ஒவ்வொரு மென்பொருளும் அவற்றைத் தனித்தனியே சுமந்தால் நினைவகம் போதாது. ஆகவே பொதுவான நிரல்களைத் தனிக் கோப்புகளாக வைத்து, தேவையானபோது எல்லோரும் இரவல் எடுத்துக்கொள்ளும்படி செய்தார்கள். அதனாலேயே 'நூலகம்' என்ற பெயர்.

பிறகு அதே ஏற்பாடு இன்னொன்றுக்கும் உதவியது. ஒரு மென்பொருளை எழுதி முடித்த பின்னரும், அதைத் திருத்தாமலே புதிய திறமைகளைச் சேர்க்கலாம். வாப்பாமார், மாமாமார் சிலருக்கு வினாம்ப் ஞாபகமிருக்கும். பாட்டுக்கு ஏற்றபடி திரையில் வண்ணங்கள் ஆடுமே, அந்த ஆட்டம் ஒவ்வொன்றும் தனியொரு டி.எல்.எல். கோப்பு. இன்று எம்மிடம் இருக்கும் வி.எல்.சி. பிளேயரின் கோப்புறையைத் திறந்து பாருங்கள். நீட்சிகளுக்கென்று உள்ளே ஒரு தனிக் கோப்புறை, அதில் நூற்றுக்கணக்கான சிறு கோப்புகள். எந்த வகை வீடியோவைக் கொடுத்தாலும் அது ஓடுவதற்குக் காரணம் இவைதான்.

தமிழுக்கும் இதில் ஒரு கடன் உண்டு. 'பெண்' என்று எழுதும்போது கணினி முதலில் பகரத்தையும் அதன் பின்னரே கொம்பையும் சேமித்து வைக்கிறது. திரையிலோ கொம்பு முன்னுக்கு வர வேண்டும். விண்டோஸ் 2000இல் தமிழ் ஆதரவு வந்தபோது இந்த இடமாற்றத்தைச் செய்து கொடுத்தது யூனிஸ்க்ரைப் என்ற ஒரு டி.எல்.எல். நூலகம். ஆகவே இந்தக் கோப்புகளே கெட்டவை என்று நான் சொல்ல வரவில்லை. இவை இல்லாவிட்டால் கணினியே இல்லை.

சிக்கல் வேறிடத்தில் இருக்கிறது. கைத்தொலைபேசியில் ஒரு செயலியை நிறுவினால், கமராவைப் பயன்படுத்தலாமா, தொடர்பு இலக்கங்களைப் பார்க்கலாமா என்று அது கேட்கிறது. நாம் மறுக்கலாம். டி.எல்.எல். கோப்பு எதையும் கேட்பதில்லை. ஒரு மென்பொருள் அதை அழைத்த மறுகணமே அது அந்த மென்பொருளின் நினைவகத்துக்குள் போய் உட்கார்ந்துகொள்கிறது. அதன் பிறகு இரண்டுக்கும் இடையே சுவர் எதுவும் கிடையாது. மென்பொருளால் எந்தக் கோப்பைத் திறக்க முடியுமோ, அதைக் கோப்பாலும் திறக்க முடியும். இணையத்துக்கு எதை அனுப்ப முடியுமோ, அதை இதுவும் அனுப்பலாம். இரட்டைச் சொடுக்கில் இது தானாகத் திறப்பதில்லை என்பதால் 'இது வெறும் துணைக் கோப்புத்தானே' என்று நினைக்கிறோம். உண்மையில் அது வீட்டுச் சாவிக்கொத்தைக் கையில் வாங்கிக்கொண்டு வந்த ஆள்.

மென்பொருள் தனக்கு வேண்டிய நூலகத்தைத் தேடும் முறையும் இதற்கு வசதி செய்கிறது. பெரும்பாலும் அது முதலில் தன் சொந்தக் கோப்புறையில்தான் தேடும். அங்கே அதே பெயரில் ஒரு கோப்பு கிடந்தால், உள்ளே இருப்பவர் யார் என்று விசாரிக்காமல் ஏற்றுக்கொள்ளும். பெயர் பொருந்தினால் போதும்.

இதன் விளைவு எவ்வளவு தூரம் போகலாம் என்பதற்கு 2010இல் கண்டுபிடிக்கப்பட்ட ஸ்டக்ஸ்நெட் என்ற நச்சுநிரலே சாட்சி. ஈரானின் நதான்ஸ் அணுச் செறிவூட்டல் நிலையத்தைக் குறிவைத்தது அது. அங்கிருந்த இயந்திரங்களைக் கட்டுப்படுத்தும் கருவிகளோடு பொறியியலாளர்கள் பேசியது சீமென்ஸ் நிறுவனத்தின் ஸ்டெப் 7 என்ற மென்பொருள் வழியாக. அந்த மென்பொருள் பேசியதோ ஒரு டி.எல்.எல். கோப்பின் வழியாக. ஸ்டக்ஸ்நெட் அந்தக் கோப்பின் பெயரில் ஓரெழுத்தை மாற்றி ஒதுக்கி வைத்துவிட்டு, அதன் பழைய பெயரில் தன் கோப்பை வைத்தது. மூலக் கோப்பில் 109 செயற்கூறுகள் இருந்தன. 93 அழைப்புகளை அது அப்படியே பழைய கோப்புக்கு அனுப்பிவிட்டது. 16ஐ மட்டும் தானே எடுத்துக்கொண்டது. எல்லாம் வழமை போலவே வேலை செய்தது. பொறியியலாளர் கருவியில் இருக்கும் நிரலைப் பார்க்கக் கேட்டால், தான் புகுத்தியதை மறைத்து, சுத்தமான நிரலையே காட்டியது. வேலை நன்றாக நடக்கிறது என்பது கோப்பு நல்லது என்பதற்கு அத்தாட்சி அல்ல. இதைப் படித்தபோது எனக்கு மிகவும் பயமாக இருந்தது இந்த இடம்தான்.

எங்கள் வீட்டில் என்ன அணு நிலையமா இருக்கிறது என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. ஆனால் என் மாமி ஒருவர் வீட்டிலிருந்தே கேக் ஓடர் எடுக்கிறார். வாடிக்கையாளரின் பெயர், முகவரி, தொலைபேசி இலக்கம், வங்கிக்குக் காசு போட்ட பற்றுச்சீட்டுப் படம் எல்லாம் ஒரே கணினியில். அதே கணினியில்தான் மகள்மாரின் குடும்பப் படங்களும், கல்யாண வீட்டு வீடியோவும். வெளியே யாருக்கும் காட்டாத படங்களை, யாரென்றே தெரியாத ஒருவர் அனுப்பிய கோப்பு இருக்கும் கணினியில் வைத்திருக்கிறோம். வாடிக்கையாளரின் முகவரி மாமியிடம் இருக்கும் அமானிதம் அல்லவா?

இந்தக் கோப்புகள் வீட்டுக்குள் வரும் இன்னொரு பெரிய வாசல் 'கிராக்'. விலை கொடுத்து வாங்க வேண்டிய மென்பொருளை உரிமம் இல்லாமல் ஓட வைக்கப் பல வேளைகளில் செய்யப்படுவது, உரிமத்தைச் சரிபார்க்கும் டி.எல்.எல். கோப்பை எடுத்துவிட்டு மாற்றிய கோப்பை வைப்பதுதான். கூடவே ஓர் அறிவுறுத்தல் இருக்கும்: நச்சுநிரல் தடுப்பானை முதலில் நிறுத்துங்கள். காவல் நாயைக் கட்டிப் போட்டுவிட்டு வாசலைத் திறந்து விடச் சொல்கிறார்கள், நாமும் செய்கிறோம்!

'காசு இல்லாதவர்கள் என்ன செய்வது?' என்று என் வகுப்புத் தோழி கேட்டாள். அவள் கேள்வியை நான் தட்டிக்கழிக்க மாட்டேன். கணினி வாங்கவே கடன்படும் குடும்பத்திடம் மென்பொருளுக்கும் பணம் கட்டு என்று சொல்வது இலகு அல்ல. ஆனால் லிப்ரே ஒபிஸ், கிம்ப், இன்க்ஸ்கேப், கிரீட்டா எல்லாம் சட்டப்படியே இலவசம். கட்டுரை எழுதவும், அழைப்பிதழ் வடிவமைக்கவும் அவை தாராளமாகப் போதும். தடை வேறு இடத்தில் வருகிறது. தனியார் வகுப்புகளில் போட்டோஷொப்தான் கற்பிக்கிறார்கள். முதல் நாளே ஒரு பென் டிரைவ் கைமாறுகிறது. ஆசிரியர் தரும்போது மாணவி எப்படி மறுப்பாள்? இங்கே பொறுப்பு அவளுடையது அல்ல. கற்பிப்பவர்களுடையது என்றே நான் நினைக்கிறேன்.

இன்னொரு மறுப்பும் உண்டு. நம்பிக்கையான நிறுவனத்தின் கோப்பே கெட்டுப் போனால்? அதுவும் நடந்திருக்கிறது. அமெரிக்காவின் சோலார்விண்ட்ஸ் நிறுவனம் 2020இல் வழங்கிய இற்றைப்படுத்தலில், அதன் டி.எல்.எல். கோப்பொன்றுக்குள் ஊடுருவியவர்கள் தங்கள் நிரலைப் புகுத்தியிருந்தார்கள். நிறுவனத்தின் உண்மையான இலக்கமுறைக் கையொப்பமே அதில் இருந்தது. ஏறத்தாழ 18,000 வாடிக்கையாளர்கள் வரை அது போய்ச் சேர்ந்தது. நிறுவிய பின் இரண்டு வாரம் வரை அது அசையாமல் படுத்துக் கிடந்தது. அதற்காக எல்லாக் கோப்பும் ஒன்றுதான் என்று கையை விரிக்க முடியாது. அங்கே ஒரு நிறுவனத்தைப் பிடித்துக் கேள்வி கேட்க முடிந்தது. பெயர் தெரியாத தளத்திடம் யார் போய்க் கேட்பது?

தீர்வு பெரும்பாலும் கண் முன்னாலேயே இருக்கிறது. அந்தப் பெட்டியில் இரண்டாவதாக ஒரு வாக்கியம் உண்டு. மென்பொருளை மீள நிறுவினால் இச்சிக்கல் தீரக்கூடும் என்கிறது அது. ஆங்கிலம் என்பதால் அதைக் கடந்து போய்க் கோப்பின் பெயரை மட்டும் பிடித்துக்கொள்கிறோம். தமிழ்மொழி மூலம் படிக்கும் எங்களுக்கு இது உண்மையான இடைஞ்சல். எம்.எஸ்.வி.சி.பி.140 கேட்டால், மைக்ரோசொப்டின் சொந்தத் தளத்தில் விஷுவல் சி++ மறுவிநியோகப் பொதி இலவசமாகவே கிடைக்கிறது. ஐந்து நிமிட வேலை.

இரும எண்களை மாற்றப் படித்தோம். தர்க்கப் படலைகள் வரையப் படித்தோம். முறைமை மென்பொருள், பிரயோக மென்பொருள் என்று அட்டவணை போட்டோம். அவற்றில் எனக்குக் குறையில்லை. ஆனால் கணினி கூடத்தில் ஒரே ஒரு பாடவேளையை இதற்கு ஒதுக்கலாம். அந்தச் செய்திப் பெட்டியைத் திரையில் போட்டு, இரண்டு வாக்கியங்களையும் தமிழில் வாசித்துக் காட்டட்டும். ஒரு டி.எல்.எல். கோப்பின் மீது வலச்சொடுக்குச் செய்து, பண்புகள் பகுதியில் இலக்கமுறைக் கையொப்பம் யாருடையது என்று ஒவ்வொரு மாணவியும் தன் கையாலேயே பார்க்கட்டும். முடிந்தால் பெற்றோர் கூட்டம் நடக்கும் நாளில் அதை வைத்தால் இன்னும் நல்லது. புதுக் கணினி வாங்கும்போது கடைக்காரர் 'எல்லா மென்பொருளும் போட்டுத் தருகிறேன்' என்று சொன்னால், எவற்றுக்கு உரிமம் உண்டு என்று கேட்கப் போவது அவர்கள்தானே.