முத்தும் கப்பலும் ஒற்றைச் செருப்பும்

புத்தகச் சந்தைக்குப் போய்வருகிறவர்களுக்கு இது தெரிந்த விஷயம்தான். கவிதைக்கு ஒரு மூலை. விமர்சனத்துக்கு மூலைகூடக் கிடையாது. வாசலிலேயே ஆளுயரத்துக்கு அடுக்கி வைத்திருப்பவை வியாபார முன்னேற்ற நூல்கள்: போட்டியில் வெல்வது எப்படி, புதிதாகச் சிந்திப்பது எப்படி, ஜப்பான் ஜெயித்தது எப்படி. இவற்றை ஒரு இலக்கியப் பத்திரிகை ஏன் பொருட்படுத்த வேண்டும் என்று கேட்கலாம். தொடர்கதை படித்தவன் தன் பொழுதை மாத்திரம் இழந்தான். இந்த நூல்களைப் படிக்கிறவன் தன் வாழ்க்கையைப் பற்றிய ஒரு தீர்ப்பையே கையில் வாங்கிக்கொண்டு போகிறான். நீ தோற்றாய் என்றால் காரணம் நீதான் என்பது அந்தத் தீர்ப்பு. அதற்குச் சாட்சியாக அழைக்கப்படுவது ஜப்பான்.

என்ன மாதிரியான ஜப்பான்? எல்லோருக்கும் தெரிந்த செருப்புக் கதையை எடுத்துக்கொள்வோம். ஒரு ஜப்பானியத் தொழிற்சாலையில் தொழிலாளர்களுக்கு முதலாளி மேல் கோபம். வேலை நிறுத்தம் செய்யவில்லை. இடது கால் செருப்பை மாத்திரம் தயாரித்துக் குவித்தார்கள். கோரிக்கை நிறைவேறியதும் வலது கால் செருப்புகளைச் செய்து முடித்தார்கள். உற்பத்தி குறையவில்லை. பட்டிமன்ற மேடையிலும் கல்லூரி விழாவிலும் வங்கிப் பயிற்சி வகுப்பிலும் இதைக் கேட்டிருக்கிறேன். எந்த ஊர், எந்தக் கம்பெனி, எந்த வருஷம் என்று ஒருவரும் சொன்னதில்லை, கேட்டவரும் இல்லை.

நடந்த சரித்திரம் வேறு. 1960இல் மீகே நிலக்கரிச் சுரங்கத் தொழிலாளர்கள் ஆட்குறைப்பை எதிர்த்து மாதக்கணக்கில் வேலைநிறுத்தம் செய்தார்கள். 1953இல் நிஸான் கார்த் தொழிற்சாலையில் பெரிய போராட்டம் நடந்து தொழிற்சங்கம் உடைக்கப்பட்டது. 1950இல் டொயோட்டா திவாலாகும் நிலைக்கு வந்தது. ஜப்பான் மத்திய வங்கி முன்னின்று மற்ற வங்கிகளைக் கூட்டிக் கடன் ஏற்பாடு செய்து அதைக் காப்பாற்றியது. ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்களுக்கு வேலை போயிற்று. ஸ்தாபகரான கீச்சிரோ டொயோடா பதவி விலகினார். அதே வருஷம் கொரியா யுத்தம் மூண்டு, அமெரிக்க ராணுவம் லாரி வாங்க வந்தது. இதற்குப் பின்னால்தான் நமது உபதேசிகள் வியக்கும் உற்பத்தி முறை முழு உருவம் பெற்றது. அந்த முறை உயர்ந்த சாதனை என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் வங்கி, ஆட்குறைப்பு, யுத்தம் மூன்றையும் கழித்துவிட்டு மிச்சத்தை 'ஜப்பானிய மனப்பான்மை' என்று விற்பது சரித்திரத்தைத் திருத்துகிற வேலை.

என் முதல் ஆட்சேபம் உரைநடை சம்பந்தப்பட்டது. இந்த நூல்களின் வாக்கியங்களுக்கு வருஷம் கிடையாது, இடம் கிடையாது, பணம் யாருடையது என்ற விவரம் கிடையாது. வினைச்சொல் எல்லாம் ஏவலில் முடியும்: மாறு, முந்து, உடை, உருவாக்கு. ஏவல் வினைக்குச் சான்று தேவையில்லை. 'அவன் வென்றான்' என்று எழுதினால் எப்போது, எதைக் கொண்டு என்று கேட்கலாம். 'வெல்' என்பதை என்ன கேட்பது? நீதி நூல் மரபு நம்மிடம் நீண்டது என்பதால் இந்தத் தொனி நமக்கு உறுத்துவதில்லை. பொருளாதாரம் பேச வேண்டிய இடத்தில் ஆத்திசூடியின் தொனி வந்து உட்கார்ந்துகொள்கிறது. அதில் இருந்த செறிவு மாத்திரம் வரவில்லை.

இரண்டாவது ஆட்சேபம் நான் பிழைக்கிற மண் சம்பந்தப்பட்டது. கொற்கை முத்தை இந்த நூல்கள் விடுவதில்லை. பாண்டியர் காலத்தில் உலகத்துக்கே முத்து விற்ற கொற்கை தூங்கிவிட்டது; டோபாவில் நூடுல்ஸ் கடைக்காரர் மகனாகப் பிறந்த மிகிமோட்டோ விழித்துக்கொண்டு சிப்பிக்குள் முத்தை விளையச் செய்தார் என்று கதை போகும். அதன் முடிவில் நமது தலையில் ஒரு குட்டு.

கொற்கை தூங்கவில்லை. தாமிரபரணி கொண்டுவந்து கொட்டிய மண்ணால் கடல் பல கிலோமீட்டர் விலகிப் போயிற்று. துறைமுகம் காயலுக்கும் பிறகு தூத்துக்குடிக்கும் நகர்ந்தது. நாணயம் அடித்த அக்கசாலையின் பெயர் ஒரு பிள்ளையாருக்கு மிஞ்சியிருக்கிறது. அந்தப் பழம்பெருமையும் நாம் நினைப்பது போல் இல்லை. கொற்கையின் முத்துக் குளிப்பில் தண்டனைக் கைதிகளை ஈடுபடுத்தினார்கள் என்று முதல் நூற்றாண்டின் கிரேக்க மாலுமிக் குறிப்பான பெரிப்ளூஸ் சொல்கிறது. மூச்சை அடக்கி மூழ்கியவனுக்கும் முத்துக்கும் இருந்த உறவு அவ்வளவுதான்.

பாண்டியனுக்குப் பின் போர்த்துக்கீசியர், டச்சுக்காரர், ஆங்கிலேயர் என்று அதிகாரம் மாறியும், முத்துப் பார் ஆளுகிறவனின் கையை விட்டுப் போகவில்லை. எந்த வருஷம் குளிக்கலாம், எத்தனை படகு, எத்தனை நாள் என்பதெல்லாம் சர்க்கார் தீர்மானம். ஆங்கிலேயர் காலத்தில் குளித்து எடுத்த சிப்பியில் மூன்றில் ஒரு பங்கு குளிப்பவனுக்கு, மீதி சர்க்காருடையது, கரையிலேயே ஏலம். இந்த ஏற்பாட்டில் ஒரு பரவர் குளிப்பாளி தன் சொந்த யோசனையில் நூறு சிப்பியைக் கூண்டிலிட்டு மூன்று வருஷம் வளர்த்துப் பார்ப்பது எப்படி? சிப்பி அவனுடையது அல்ல, கடலும் அவனுடையது அல்ல. உடைமையாளனான சர்க்காருக்கோ, இயற்கை கொடுத்ததை ஏலம் போடுவதற்கு மேல் கவலைப்படத் தேவை இருக்கவில்லை.

மிகிமோட்டோ தனியாள் அல்லர். 1886இல் டோக்கியோ பல்கலைக்கழகம் மிசாகியில் கடல் உயிரியல் நிலையம் தொடங்கியது. அதை நடத்திய மிட்சுகுரி என்ற விலங்கியல் பேராசிரியர்தான் சிப்பிக்குள் முத்தை விளைவிக்க முடியும் என்று அவருக்குச் சொன்னவர். 1892இல் கடல் நீரைச் சிவப்பாக்கும் நுண்பாசி பெருகிச் சிப்பிகள் மடிந்தன. 1893இல் அரைக்கோள முத்து கிடைத்தது. முழு உருண்டை முத்துக்கான நுட்பத்தில் நிஷிகாவா என்ற கடல் உயிரியல் அறிஞருக்கும் மிஸே என்ற இன்னொருவருக்கும் பங்கு உண்டு. ஒரு பல்கலைக்கழகம், ஒரு ஆராய்ச்சி நிலையம், வேலிபோட்டுக்கொள்ள ஆகோ விரிகுடா போல அலை அடங்கிய உட்கடல், இவ்வளவும் அவருக்குப் பின்னால் இருந்தன. மனிதர் விடாப்பிடியானவர், சந்தேகமில்லை. விடாப்பிடி நமது குளிப்பாளிகளிடமும் இருந்தது, பல்கலைக்கழகம் இல்லை.

இதன் பின்கதை எந்த முன்னேற்ற நூலிலும் வராது. மன்னார் வளைகுடாவில் பெரிய முத்துக் குளிப்பு 1955 முதல் 1961 வரை நடந்ததோடு முடிந்தது. 1973இல் மத்திய கடல் மீன் ஆராய்ச்சி நிலையத்தின் விஞ்ஞானிகள் தூத்துக்குடியில், நமது சிப்பியிலேயே, வளர்ப்பு முத்தை விளைவித்துக் காட்டினார்கள். மூளை இல்லை என்ற வாதம் அன்றோடு செத்திருக்க வேண்டும். ஆனால் இந்தக் கரை திறந்த கடல். ஒதுங்க உட்கடல் கிடையாது. ஆராய்ச்சிக்கூடத்திலிருந்து கரைக்கு வருவதற்குள் அது ஒரு தொழிலாக வளராமலே போயிற்று. ஜப்பானிலும் 1996இல் சிப்பிகள் கூட்டம் கூட்டமாக மடிந்தன. சீனாவின் நன்னீர் முத்து சந்தையை நிரப்பியது. ஜப்பானிய ஆன்மா அப்போது தூங்கிவிட்டதா? மிகிமோட்டோவின் வெற்றியால் 1930களில் பாரசீக வளைகுடாவில் குளித்து வயிறு வளர்த்தவர்கள் நடுத்தெருவுக்கு வந்தார்கள். 'புத்தாக்கம்' என்று பளபளப்பாக எழுதுகிற சொல்லுக்குள் அவர்களும் இருக்கிறார்கள்.

முத்தைவிடக் கப்பல் விஷயம் தெளிவானது.

1906இல் தூத்துக்குடியில் சுதேசி நாவிகேஷன் கம்பெனி பதிவாயிற்று. மூலதனம் 10 லட்ச ரூபாய். பங்கு ஒன்றுக்கு 25 ரூபாய் வீதம் 40,000 பங்குகள். வ.உ.சிதம்பரம் பிள்ளையை நாம் தியாகி என்று மாலை போட்டு ஒதுக்கிவிட்டோம். அவர் ஒரு தொழில் அமைப்பாளர் என்பது இந்த நூல்களின் ஆசிரியர்களுக்குப் படவே இல்லை. பணக்காரர் பத்துப் பேரோடு நிற்காமல் 25 ரூபாய்ப் பங்காகச் சிறு வியாபாரிகளிடம் கொண்டுபோனது ஒரு நிதி யோசனை. வாடகைக் கப்பலை நம்ப முடியாது என்று கண்டதும் சொந்தமாக 'காலியா', 'லாவோ' என்ற இரண்டு கப்பல்களை 1907க்குள் கொண்டுவந்தது ஒரு நிர்வாகச் சாதனை. எதிரில் பிரிட்டிஷ் இந்தியா ஸ்டீம் நாவிகேஷன் கம்பெனி கொழும்புக் கட்டணத்தை வெட்டிக்கொண்டே வந்தது. கடைசியில் சும்மாவே ஏற்றி ஆளுக்கு ஒரு குடையும் கொடுத்ததாக ஊரில் சொல்வார்கள். சர்க்கார் அதிகாரிகள் வெள்ளைக் கம்பெனியின் பக்கம் நின்றார்கள். 1908 மார்ச்சில் வ.உ.சி. கைதானார், ஜூலையில் ஆயுள் தண்டனை, பிறகு அது குறைக்கப்பட்டது. 1911இல் கம்பெனி கலைக்கப்பட்டது.

இதே நாடகம் ஜப்பானில் நடந்து வேறு மாதிரி முடிந்திருக்கிறது. 1875இல் மிட்சுபிஷிக்கு அரசாங்கம் கப்பல்களைக் கொடுத்தது. ஆண்டுக்கு 2,50,000 யென் மானியம் கொடுத்தது. யோகோஹாமா - ஷாங்காய் தடத்தில் இறங்கச் சொன்னது. அமெரிக்கக் கம்பெனியின் கப்பல்களை வாங்கி அதை அந்தத் தடத்திலிருந்து விலக்கினார்கள். 1876இல் பி அண்ட் ஓ கட்டணப் போரில் இறங்கித் தாக்குப் பிடிக்க முடியாமல் விலகியது. 1885இல் நிப்பான் யூசென் கைஷா உருவானபோது பங்குதாரர்களுக்கு நூற்றுக்கு 8 லாபப் பங்கை அரசாங்கமே உத்தரவாதம் செய்தது. தூத்துக்குடியில் 25 ரூபாய் போட்டவனுக்கு என்ன உத்தரவாதம் இருந்தது?

இன்னும் நெருக்கமான சாட்சியம் உண்டு. 1893இல் ஜாம்ஷெட்ஜி டாட்டாவும் இதே நிப்பான் யூசென் கைஷாவும் சேர்ந்து பம்பாய் - ஜப்பான் பருத்தித் தடத்தில் பி அண்ட் ஓவை எதிர்த்தார்கள். அது சரக்குக் கட்டணத்தை அடிமட்டத்துக்கு வெட்டியது. ஜப்பானிய நூற்பாலைகள் தங்கள் பஞ்சைத் தங்கள் நாட்டுக் கப்பலுக்கே தருவதாக ஒப்பந்தம் செய்துகொண்டன. டாட்டா பிரிட்டிஷ் சர்க்காரிடம் முறையிட்டும் பலனில்லை. அவர் கப்பல் தொழிலை விட்டார். ஜப்பானியக் கம்பெனி நிலைத்தது. ஒரே கடல், ஒரே எதிரி, ஒரே போர். டாட்டாவுக்குத் தொழில் திறமை போதாது என்று எந்த ஆசாமியாவது எழுதட்டும் பார்ப்போம்.

சர்க்காருக்கு ஜப்பானைத் தெரியாது என்றும் சொல்வதற்கில்லை. விவசாய வங்கிகளைப் பற்றி அறிக்கை எழுதிய பிரடெரிக் நிக்கல்சன் என்ற அதிகாரியைக் கூட்டுறவு வங்கிக்காரர்கள் இன்றும் நினைக்கிறார்கள். அவர் ஜப்பான் போய் மீன் தொழிலைப் பார்த்து எழுதிய குறிப்பு 1907இல் சென்னையில் வெளியாயிற்று. காலியாவும் லாவோவும் தூத்துக்குடிக்கு வந்த அதே வருஷம். மீன் பிடிப்பதில் ஜப்பானைப் பின்பற்றலாம், கப்பல் விடுவதில் பின்பற்றக்கூடாது என்பது சர்க்காரின் கணக்கு.

இங்கே ஒரு நியாயமான கேள்வி எழும். 1947க்குப் பின் நமது சர்க்கார்தானே? லைசென்ஸும் பாதுகாப்பும் கொடுத்தும் ஏன் ஜப்பான் ஆகவில்லை? பதில் ஜப்பானிய சரித்திரத்திலேயே இருக்கிறது. மிட்சுபிஷிக்கு மானியம் சும்மா வரவில்லை. தபால் ஏற்ற வேண்டும், மாலுமிப் பள்ளி நடத்த வேண்டும் என்று நிபந்தனைகள் இருந்தன. அது ஏகபோகமாகக் கொழுத்தபோது 1882இல் அரசாங்கமே எதிர்க் கம்பெனி ஒன்றைத் தூண்டிவிட்டு மோதவிட்டது. கொடுத்த கை கணக்கும் கேட்டது. நாம் கொடுத்தோம், கணக்குக் கேட்கவில்லை. இதைச் சொன்னால் பேச்சு அரசியலுக்குப் போய்விடும். மனப்பான்மை என்றால் யாருக்கும் பகையில்லை. முறையை மாத்திரம் கற்க வேண்டுமென்றால் அதற்கு ஜப்பானிய ரத்தம் தேவையில்லை என்பதும் நிரூபணமான விஷயம்: தரக் கட்டுப்பாட்டுக்கான டெமிங் பரிசை 1998இல் சென்னை சுந்தரம் கிளேட்டன் வாங்கியது. அந்தப் பரிசின் பெயருக்குரிய டெமிங்கே ஓர் அமெரிக்கர்தான்.

வங்கிக் கவுண்டரில் உட்கார்ந்திருப்பவன் என்ற முறையில் இந்த நூல்கள் செய்யும் காரியத்தை நான் தினமும் பார்க்கிறேன். உப்பளத்தைக் குத்தகைக்கு எடுத்தவர் மழையில் உப்பு கரைந்து கடனுக்கு அவகாசம் கேட்டு வருகிறார். பேசும்போது அவரே சொல்கிறார்: 'நமக்கு அந்தச் சாமர்த்தியம் இல்லைய்யா, ஜப்பான்காரன்னா இந்நேரம் எப்படியாவது எந்திரிச்சிருப்பான்.' மகன் கல்லூரியிலிருந்து கொண்டுவந்த புத்தகத்தில் வாசித்திருக்கிறார். கரைந்த உப்புக்கு இன்சூரன்ஸ் உண்டா, குத்தகைப் பணம் தள்ளுபடியாகுமா, வட்டி விகிதத்தை யார் தீர்மானிக்கிறார்கள் என்று அவர் என்னிடம் கேட்டிருக்க வேண்டும். கேள்விகள் அவரிடமிருந்து பிடுங்கப்பட்டு, இடத்தில் ஒரு குற்ற உணர்வு வைக்கப்பட்டிருக்கிறது. அந்தக் குற்ற உணர்வால் கடன் கொடுக்கிறவனுக்குத்தான் சௌகரியம்.

தமிழில் தொழில் சரித்திரம் எழுதப்பட வேண்டும். தூத்துக்குடிக் கரையின் தோணிக்காரர்களையும் முதலாளிகளையும் பற்றி ஜோ டி குரூஸின் 'கொற்கை' (2009) நாவலில் கிடைக்கிற அறிவு, பத்து முன்னேற்ற நூல்களைப் பிழிந்தாலும் கிடைக்காது. ஆனால் அந்த வேலையை நாவலாசிரியன் மேலேயே சுமத்திக்கொண்டிருக்க முடியாது. 1921இல் தூத்துக்குடியில் நாடார் வங்கி தொடங்கியபோது முதல் எங்கிருந்து வந்தது, சுதேசிக் கம்பெனிப் பங்குகளை யார் வாங்கினார்கள், கடைசியில் அவர்கள் கைக்கு எவ்வளவு திரும்பிற்று என்று ஊர் பெயரோடும் தொகையோடும் எழுத ஆள் வேண்டும். ஜப்பானைப் பற்றியும் எழுதட்டும்; வருஷம் போட்டு எழுதட்டும். யார் பணம், யார் சட்டம், யார் நஷ்டம் என்ற மூன்றுக்கும் பதில் சொல்லாத புத்தகத்தைப் பொருளாதாரம் என்று ஏற்றுக்கொள்ள வேண்டிய அவசியம் வாசகருக்கு இல்லை.