விளையாட்டு நின்றுபோனால் யாரிடம் கேட்பது?

மத்திய மின்னணு மற்றும் தகவல் தொழில்நுட்பத் துறை அமைச்சர் மாண்புமிகு அஸ்வினி வைஷ்ணவ் அவர்களுக்கு,

திருப்பூரில் செல்போன் பழுதுபார்க்கும் கடை நடத்துகிறேன். என் கடைக்கு வருகிறவர்களில் பெரும்பாலானோர் பனியன் கம்பெனித் தொழிலாளர்கள். டெய்லர்கள், செக்கிங் பெண்கள், கைமடிக்காரர்கள், அயர்னிங் மாஸ்டர்கள். சனிக்கிழமை சம்பளம் கைக்கு வந்ததும் ஞாயிற்றுக்கிழமை போனைத் தூக்கிக்கொண்டு வருவார்கள். திரை உடைந்துவிட்டது, சார்ஜ் ஏறவில்லை என்பது போலவே அடிக்கடி வரும் இன்னொரு புகார்: "அண்ணா, கேம் ஹேங் ஆவுதுங்க. சுத்திக்கிட்டே நிக்குதுங்க." அதைப் பற்றித்தான் இந்த மடல்.

இதை உங்களுக்கு எழுதுவதற்குக் காரணம் உண்டு. இணைய விளையாட்டு ஊக்குவிப்பு மற்றும் ஒழுங்குமுறைச் சட்டத்தை 2025 ஆகஸ்ட் 20 அன்று மக்களவையில் கொண்டுவந்தவர் நீங்கள். மறுநாள் மாநிலங்களவை நிறைவேற்றியது. 22-ஆம் தேதி குடியரசுத் தலைவரின் ஒப்புதலும் கிடைத்துவிட்டது. பணம் வைத்து ஆடும் விளையாட்டுகளை அந்தச் சட்டம் தடை செய்தது. அவற்றை நடத்துகிறவருக்கு மூன்று ஆண்டு வரை சிறை, ஒரு கோடி ரூபாய் வரை அபராதம். தமிழ்நாட்டுக்கு இதன் அருமை தெரியும். ஆன்லைன் ரம்மியில் தோற்று உயிரை விட்டவர்களின் வீடுகளைப் பார்த்த மாநிலம் இது. ஓய்வுபெற்ற நீதிபதி கே. சந்துரு தலைமையில் 2022-இல் குழு அமைத்து, அதே ஆண்டில் சட்டமன்றத்தில் மசோதாவும் நிறைவேற்றினோம். தடை செய்ததற்கு நன்றி.

அதே சட்டத்தில் இன்னொரு பகுதியும் இருக்கிறது. பந்தயம் இல்லாத, பொழுதுபோக்குக்கும் திறன் வளர்ச்சிக்குமான சமூக விளையாட்டுகளை அரசு அங்கீகரிக்கலாம், பதிவு செய்யலாம், எல்லோருக்கும் கிடைக்கச் செய்யலாம் என்கிறது. தடை பற்றி நாடே பேசியது. இந்தப் பகுதியைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை. திருப்பூருக்கு இந்தப் பகுதிதான் இப்போது தேவை.

"அமெரிக்கா வரி போட்டு ஆர்டர் கெட்ட ஊரில், விளையாட்டு நிற்கிறது என்று அமைச்சருக்கு எழுதுவதா?" என்று சிலர் கேட்கலாம். நியாயமான கேள்விதான். உங்கள் சட்டத்துக்கு ஒப்புதல் கிடைத்த ஐந்தே நாளில், 2025 ஆகஸ்ட் 27 அன்று, இந்தியப் பொருள்கள்மீது அமெரிக்காவின் 50 சதவீத வரி நடப்புக்கு வந்தது. ஏற்றுமதியை நம்பிய ஊர் இது. ஆர்டர் குறைந்தால் முதலில் போவது ஓவர்டைம். ஒன்றரை ஷிப்ட் பார்த்தவர் எட்டு மணி நேரத்தோடு அறைக்குத் திரும்புகிறார். கையில் காசு குறைவு, பொழுது அதிகம், மனசில் கவலை. சூதாட்ட ஆப்புகள் வலை விரிப்பது இந்த நேரத்தில்தான். வெளிநாட்டிலிருந்து சட்டவிரோதமாக நடக்கும் ஆப்புகள் இன்னும் விளம்பரமாகவும் வாட்ஸ்அப் லிங்காகவும் வந்துகொண்டுதான் இருக்கின்றன. அனுமதித்த லூடோ பாதியில் நின்றுபோய், தடை செய்த ஆப் தடங்கலில்லாமல் ஓடினால், களைத்துப்போன மனிதர் எந்தப் பக்கம் சாய்வார்? உங்கள் தடை நிலைக்க வேண்டுமானால் நல்ல விளையாட்டு ஒழுங்காக ஓட வேண்டும்.

இவர்கள் யாரோடு ஆடுகிறார்கள் என்பதையும் சொல்கிறேன். ராமநாதபுரத்திலிருந்தும் தேனியிலிருந்தும் வந்தவர்கள், ஒடிசாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் ஜார்க்கண்டிலிருந்தும் வந்தவர்கள், ஊரில் இருக்கும் தம்பியோடு, அக்காவோடு, கட்டிக்கொள்ளப்போகும் பெண்ணோடு ஆடுகிறார்கள். 2016-இல் மும்பைப் பக்கத்து நிறுவனம் ஒன்று வெளியிட்ட லூடோ கிங்கை 2020 ஊரடங்கின்போது பிரிந்து கிடந்த குடும்பங்கள் ஆடித் தீர்த்தன. அந்தப் பழக்கம் திருப்பூரில் விடவில்லை. ஒன்றரை ஷிப்ட் இருக்கும் நாளில் இரவு எட்டரைக்கு வேலை விட்டு, சோறாக்கிச் சாப்பிட்டு, படுப்பதற்கு முன் கிடைக்கும் அரை மணி நேரம் அது. விடுதி வாசலைத் தாண்ட முடியாத பெண்களுக்கு வெளியுலகம் அந்த ஆட்டத்துக்குள்தான். அது உறைந்து நின்றால் ஒரு வீட்டின் பேச்சு பாதியில் அறுகிறது.

சரி, ஏன் நிற்கிறது? செக்கிங்கில் ஓட்டை விழுந்த பீஸ் ஒன்று பிடிபட்டால், எந்தக் கம்பெனியிலும் டெய்லரை மட்டும் திட்டிவிட்டுப் போவதில்லை. நிட்டிங்கில் ஊசி உடைந்ததா, சாயத்தில் துணி கிழிந்ததா, தையலில் ஊசி குத்தியதா என்று பின்னோக்கிப் போய்ப் பார்ப்பார்கள். விளையாட்டு நிற்பதையும் அப்படித்தான் பார்க்க வேண்டும். பழுது போனிலும் இருக்கலாம், நெட்வொர்க்கிலும் இருக்கலாம், ஆப்பிலும் இருக்கலாம், எங்கோ இருக்கும் சர்வரிலும் இருக்கலாம். நான்குக்கும் திரையில் தெரிவது ஒரே சுழலும் வட்டம்தான்.

போனிலிருந்து தொடங்குகிறேன். இங்கே புழங்குவது இரண்டு ஜிபி, மூன்று ஜிபி ரேம் உள்ள போன்கள், பலவும் செகண்ட் ஹேண்டில் வாங்கியவை. ஆட்டத்தின் நடுவே வாட்ஸ்அப் அழைப்பு வந்தால், நினைவகம் போதாமல் ஆண்ட்ராய்டு ஆட்டத்தை மூடிவிடும். ஸ்டோரேஜும் நிரம்பி வழியும். கம்பெனி குரூப்பில் வரும் சாம்பிள் படங்கள், காலை வணக்கம், கல்யாண வீடியோ எல்லாம் சேர்ந்து இடத்தை அடைத்தபின் ஆட்டம் தன் தற்காலிகக் கோப்புகளை எழுத இடமின்றித் திணறும். சித்திரை வெயிலில் தகரக்கூரை அறைக்குள் சார்ஜ் போட்டபடியே ஆடினால், போன் சூடேறித் தன் வேகத்தைத் தானே குறைத்துக்கொள்ளும்.

அடுத்தது நெட்வொர்க். ஒரே காம்பவுண்டில் வரிசையாகக் கட்டிய லைன் வீடுகள், ஒரே டவர், ஒரே நேரத்தில் ஷிப்ட் முடிந்து போனைத் திறக்கும் கூட்டம். போதாக்குறைக்கு தினசரி டேட்டா தீர்ந்துவிட்டால் பல திட்டங்களில் வேகம் நொடிக்கு 64 கிலோபிட்டாக இறங்கிவிடும். இணைப்பு இருக்கிறது என்று போன் காட்டும், காய் மட்டும் நகராது. ரீல்ஸ் பார்த்து டேட்டா தீர்ந்ததை அறியாமல், ஆட்டம் கெட்டுப்போனதாக நினைத்து அழித்துவிட்டு மறுபடி இறக்கப் பார்ப்பவர்கள் உண்டு. அந்த வேகத்தில் விடிந்தாலும் இறங்காது.

மூன்றாவதாக, ஆப்பும் அதைத் தாங்கும் மென்பொருளும். 2021 மார்ச் 22, 23 தேதிகளில் உலகெங்கும் ஆண்ட்ராய்டு போன்களில் பல ஆப்புகள் திறந்தவுடன் மூடிக்கொண்டன. 'ஆண்ட்ராய்டு சிஸ்டம் வெப்வியூ' என்ற உள்பகுதியின் கோளாறு அது. கூகுள் திருத்தம் வெளியிட்டது. வெப்வியூவையும் குரோமையும் புதுப்பித்ததும் எல்லாம் சரியாயிற்று. அந்தப் பெயரையே கேள்விப்படாத தொழிலாளிக்கு இதை யார் சொல்வது? 2025 ஆகஸ்டில் வந்த குரோம் 139-ஆம் பதிப்பு முதல் ஆண்ட்ராய்டு 8, 9 போன்களுக்குக் குரோம் புதுப்பிப்பு கிடையாது. அந்தப் போன்கள் இங்கே இன்னும் பலர் கையில் ஓடுகின்றன. இனி பிரவுசரில் ஆடும் விளையாட்டுகள் அவற்றில் ஒவ்வொன்றாகத் தடுமாறும்.

சர்வரோ விளையாட்டோ முழுதாகவே நின்றுபோவதும் உண்டு. 2021 அக்டோபர் 4 அன்று பேஸ்புக் சுமார் ஆறு மணி நேரம் முடங்கியபோது, அதன்வழி உள்நுழைந்து ஆடும் விளையாட்டுகளும் தடுமாறின. 2020 டிசம்பர் 31 அன்று அடோபி நிறுவனம் ஃபிளாஷுக்கான ஆதரவை நிறுத்தியது. பேஸ்புக்கில் 2009 முதல் ஓடிய ஃபார்ம்வில் அன்றோடு மூடப்பட்டது. ஃபிளாஷை நிறுத்தப்போவதை அடோபி 2017 ஜூலையிலேயே அறிவித்திருந்தது. மூன்று ஆண்டுக்கு மேல் அவகாசம் கொடுத்தது நல்ல நடத்தைதான். ஆனால் அறிவிப்பு ஆங்கில இணையத்தோடு நின்றது. பிரவுசிங் சென்டரில் ஆடிய பிள்ளைகளுக்கு விளையாட்டு இருந்த இடத்தில் வெறும் கட்டம்தான் மிஞ்சியது.

நான் கவலைப்படுவது இதற்கு அடுத்த கட்டத்தை நினைத்து. நின்றுபோன விளையாட்டின் பெயரோடு 'கஸ்டமர் கேர் நம்பர்' என்று தேடுகிறார்கள். போலி எண் கிடைக்கிறது. எதிர்முனையில் இனிக்க இனிக்கப் பேசி, திரையைப் பகிரும் ஆப் ஒன்றை இறக்கச் சொல்கிறார்கள். சனிக்கிழமை வந்த வாரச் சம்பளம் ஞாயிற்றுக்கிழமை போய்விடுகிறது. இன்னொரு வழியும் இருக்கிறது: 'ஹேங் ஆகாத வெர்ஷன்' என்று வாட்ஸ்அப்பில் வரும் ஏபிகே கோப்பு. அதை நிறுவியதும் எஸ்எம்எஸ் படிக்க அனுமதி கேட்கும். கொடுத்தால் வங்கியின் ஓடிபி அவர்களுக்கும் போய்ச் சேரும். சைபர் குற்ற உதவி எண் 1930-க்கு அழைத்துப் புகார் தரலாம் என்பது பலருக்குத் தெரிவதே பணம் போன பிறகுதான். உதவி கேட்க நேர்மையான இடம் ஒன்று இருந்திருந்தால், அவர்கள் அந்தப் போலி எண்ணைத் தேடியே போயிருக்க மாட்டார்கள்.

ஆகவே ஐந்து கோரிக்கைகள் வைக்கிறேன்.

முதலாவது: சமூக விளையாட்டு ஒன்றைப் பதிவு செய்யும்போது, அது தடங்கலின்றி ஓட எவ்வளவு ரேம், எவ்வளவு காலி இடம், எந்த ஆண்ட்ராய்டு பதிப்பு தேவை, ஒரு மணி நேர ஆட்டத்துக்கு எவ்வளவு டேட்டா செலவாகும் என்பதைத் தமிழிலும் மற்ற இந்திய மொழிகளிலும் பதிவிறக்கும் பக்கத்திலேயே எழுதச் சொல்லுங்கள். மலிவான போனில் சோதித்துப் பார்த்த பிறகே பதிவு கொடுங்கள்.

இரண்டாவது: சுழலும் வட்டத்துக்குப் பதிலாகக் காரணம் சொல்ல வைக்கவேண்டும். 'உங்கள் இணைய வேகம் குறைவு', 'போனில் இடம் இல்லை', 'எங்கள் சர்வரில் கோளாறு, காத்திருங்கள்' என்ற மூன்று வாக்கியம் போதும். மொழிபெயர்க்க ஆள் இல்லை என்று நிறுவனங்கள் சொல்ல முடியாது. 2022-இல் உங்கள் அமைச்சகம் தொடங்கிய மொழிபெயர்ப்புத் தளமான பாஷிணி இருக்கிறது. திருப்பூர் அறை ஒன்றில் தமிழ், இந்தி, ஒடியா, வங்காளம் நான்கும் பேசப்படுகின்றன. நான்கிலும் அந்த வாக்கியங்கள் வரவேண்டும்.

மூன்றாவது: ஆட்டத்துக்கு உள்ளேயே புகார் பட்டன். சமூக ஊடகங்களுக்கு 2021 தகவல் தொழில்நுட்ப விதிகளில் நீங்களே ஒரு முறை வைத்திருக்கிறீர்கள். புகாரை 24 மணி நேரத்தில் பெற்றுக்கொண்டதாகச் சொல்லவேண்டும், குறித்த நாளுக்குள் தீர்க்கவேண்டும். அதே ஒழுங்கு சமூக விளையாட்டுகளுக்கும் வேண்டும். பதில் அவரவர் மொழியில் வரவேண்டும்.

நான்காவது: உள்நுழையாமல் 'கெஸ்ட்' ஆக ஆடுகிறவரின் முன்னேற்றத்துக்கும் வாங்கிய பொருளுக்கும் பாதுகாப்பு. போன் ஹேங் ஆகிறது என்று ஆப்பை அழித்தால் மாதக்கணக்கில் சேர்த்த எல்லாமே போய்விடுகிறது. அழிக்கும் முன் எச்சரிக்கவும், மீட்டெடுக்க எளிய வழி தரவும் விதி போடுங்கள்.

ஐந்தாவது: கற்றுக்கொடுக்க ஓர் இடம். 2017-இல் தொடங்கிய பிரதமரின் டிஜிட்டல் எழுத்தறிவுத் திட்டம் கிராமப்புறக் குடும்பங்களுக்கானது. 2024 மார்ச்சோடு அதுவும் முடிந்தது. கிராமத்தை விட்டுத் திருப்பூர் வந்த தொழிலாளி அதில் கிராமத்தானாகவும் இல்லை, நகரத்தானாகவும் இல்லை. உங்கள் அமைச்சகத்தின் பொதுச் சேவை மையங்கள் மூலம் வேலம்பாளையம், அனுப்பர்பாளையம், நல்லூர், பெருமாநல்லூர், நேதாஜி ஆயத்த ஆடைப் பூங்கா ஆகிய இடங்களில் ஞாயிற்றுக்கிழமைகளில் ஓர் உதவி மேசை போடலாம். திருப்பூர் ஏற்றுமதியாளர் சங்கமும் தொழிற்சங்கங்களும் இடம் தந்து உதவ முடியும். கூடவே, இரவு எட்டு முதல் பத்து மணி வரை இந்தப் பகுதிகளில் டவர் நெரிசலை அளந்து பார்க்கத் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையத்தை உங்கள் சக அமைச்சர் வழியாகக் கேளுங்கள்.

அது நடக்கும்வரை, இந்த மடலைப் படிக்கும் தொழிலாளர்களுக்கு நான் கடையில் சொல்வதை இங்கேயும் சொல்லிவிடுகிறேன். ஆட்டம் நின்றால் முதலில் பக்கத்து அறையில் கேளுங்கள். அவர்களுக்கும் நின்றிருந்தால் கோளாறு பெரும்பாலும் சர்வரிலோ டவரிலோ இருக்கும், போனைத் தொட வேண்டாம். உங்களுக்கு மட்டும் என்றால், அன்றைய டேட்டா மீதி இருக்கிறதா பாருங்கள். ஆப்பை 'ஃபோர்ஸ் ஸ்டாப்' செய்து, போனை அணைத்துப் போடுங்கள். வேண்டாத வீடியோக்களை அழியுங்கள். ஆட்டம், குரோம், வெப்வியூ மூன்றையும் பிளே ஸ்டோரில் புதுப்பியுங்கள். ஆப்பின் ஸ்டோரேஜ் பக்கத்தில் 'கிளியர் கேஷ்' அழுத்தலாம். 'கிளியர் டேட்டா' மட்டும் வேண்டாம். கெஸ்ட் கணக்காக இருந்தால் எல்லாம் அழிந்துவிடும். பிரவுசரில் ஆடுகிறவர்கள் இன்காக்னிட்டோ ஜன்னலில் திறந்து பாருங்கள். அங்கே ஓடினால், கோளாறு பெரும்பாலும் பழைய குக்கிகளில் இருக்கும். ஆட்டத்தில் பணம் கட்டிப் பொருள் வரவில்லை என்றால், ரசீதில் உள்ள ஜிபிஏ என்று தொடங்கும் எண்ணோடு 48 மணி நேரத்துக்குள் கூகுள் பிளேயில் கேளுங்கள். ஓடிபியையும் உங்கள் திரையையும் யாருக்கும் காட்டாதீர்கள்.

மாண்புமிகு அமைச்சர் அவர்களே, உலகம் உடுத்தும் பனியனைத் தைப்பவர்கள் இவர்கள். ஒரு தையல் விலகினாலும் அவர்கள் தைத்த பீஸ் திருப்பி அனுப்பப்படுகிறது. தரம் என்றால் என்னவென்று அவர்களுக்கு நாம் சொல்லித்தர வேண்டியதில்லை. தங்கள் கைக்கு வரும் பொருளிலும் அதே தரத்தைக் கேட்க அவர்களுக்கு உரிமை உண்டு, அது இலவச விளையாட்டாகவே இருந்தாலும் சரி. நீங்கள் கொண்டுவந்த சட்டத்தின் பெயரிலேயே ஒழுங்குமுறைக்கு முன்னால் 'ஊக்குவிப்பு' நிற்கிறது. அந்த வேலையைத் திருப்பூரிலிருந்து தொடங்குங்கள். சமூக விளையாட்டுப் பதிவுக்கான நிபந்தனைகளில் மேற்சொன்ன முதல் நான்கையும் சேர்த்து, ஐந்தாவதற்கு ஒரு மையத்தையாவது இங்கே திறந்துகொடுங்கள். அந்த மேசையில் ஞாயிறுதோறும் உட்கார்ந்து வேலை செய்ய நான் தயார். என்னைப் போன்ற கடைக்காரர்கள் இன்னும் பலர் வருவார்கள்.

இப்படிக்கு,
திருப்பூர் செல்போன் பழுதுபார்ப்பவர் ஒருவர்