பெயரேட்டில் இல்லாத நம் உடன்பிறப்புகள்

நவம்பர் மாதம் இறந்த நம்பிக்கையாளர்களுக்காகத் திருச்சபை சிறப்பாக மன்றாடும் மாதம். கல்லறைத் திருநாளன்று நம் முன்னோரின் கல்லறைகளைத் தூய்மை செய்து, மாலையிட்டு, மெழுகுதிரி ஏற்றுகிறோம். அவர்களின் பெயர்களைத் தாளில் எழுதி, திருப்பலிக் கருத்தாகப் பங்குத்தந்தையிடம் கொடுக்கிறோம். ஆனால் கல்லறையே இல்லாமல் புதைக்கப்பட்டவர்களுக்கு யார் மெழுகுதிரி ஏற்றுவது? எந்த ஏட்டிலும் பெயர் எழுதப்படாதவர்களுக்காக யார் திருப்பலிக் கருத்துக் கொடுப்பது? இக்கேள்வி நம் செங்கல்பட்டு மண்ணுக்கும் மாமல்லபுரம் கடற்கரைக்கும் தொலைவான கேள்வி அல்ல.

மாமல்லபுரத்திலிருந்து நேர் கிழக்கே ஒரு கோடு இழுத்தால் அது முதலில் அந்தமான் தீவுகளைத் தொடும். இன்னும் சென்றால் மியான்மரின் தென்கரை. அதையும் கடந்து சற்று வடகிழக்கே சென்றால் தாய்லாந்தின் காஞ்சனபுரி. 1942 முதல் 1945 வரை இந்தக் கோட்டின் மறுமுனை முழுவதும் ஜப்பானிய இராணுவத்தின் பிடியில் இருந்தது. 1942 ஏப்ரல் 5, உயிர்ப்பு ஞாயிறன்று, ஜப்பானிய விமானங்கள் கொழும்பைத் தாக்கின. மறுநாள் விசாகப்பட்டினமும் காக்கிநாடாவும் தாக்கப்பட்டன. சென்னையிலிருந்து அரசு அலுவலகங்கள் வெளியூர்களுக்கு மாற்றப்பட்டன. மக்கள் கூட்டம் கூட்டமாக நகரைவிட்டு வெளியேறினர். அந்த அச்சத்தைப் பற்றி நம் ஊர்ப் பெரியவர்கள் பேசக் கேட்டிருக்கிறோம். ஆனால் கடலுக்கு அப்பால் அதே ஆண்டில் நம் சொந்த மக்களுக்கு நேர்ந்ததைப் பற்றி நாம் அதிகம் கேட்டதில்லை.

மரண ரயில்பாதை

பர்மாவிலிருந்த தன் படைகளுக்கு உணவும் ஆயுதமும் அனுப்ப ஜப்பானுக்கு ஒரு தரைவழி தேவைப்பட்டது. கடல்வழியில் நேசநாடுகளின் நீர்மூழ்கிக் கப்பல்கள் அச்சுறுத்தின. எனவே தாய்லாந்தையும் பர்மாவையும் இணைத்து, காடும் மலையும் நிறைந்த 415 கிலோமீட்டர் தொலைவுக்கு ரயில்பாதை அமைக்க 1942-இல் வேலை தொடங்கியது. 1943 அக்டோபரில் அது முடிந்தது. இதில் 60,000-க்கும் மேற்பட்ட நேசநாட்டுப் போர்க்கைதிகள் ஈடுபடுத்தப்பட்டனர். அவர்களில் 12,000-க்கும் மேற்பட்டோர் இறந்தனர். இந்தக் கதை திரைப்படமாகி உலகெங்கும் பரவியது.

ஆனால் கைதிகளைவிட மும்மடங்கு எண்ணிக்கையில் அங்கே உழைத்தவர்கள் ஆசியத் தொழிலாளர்கள். தமிழர், பர்மியர், ஜாவானியர், மலாய்க்காரர், சீனர் என அவர்கள் இரண்டு லட்சம் பேர் வரை இருந்திருக்கலாம். அவர்களில் ஏறத்தாழ 90,000 பேர் இறந்திருக்கலாம் என்று மதிப்பிடப்படுகிறது. மலாயாவிலிருந்து கொண்டு செல்லப்பட்ட 70,000-க்கும் மேற்பட்டோரில் பெரும்பாலோர் ரப்பர் தோட்டங்களில் வேலை செய்த தமிழர்கள்.

அவர்கள் யார்? வட ஆற்காடு, சேலம், திருச்சி, தஞ்சை, செங்கல்பட்டு மாவட்டங்களிலிருந்து கங்காணிகளின் பேச்சை நம்பிக் கப்பலேறியவர்களும், அவர்களின் பிள்ளைகளும். அவர்கள் ஏன் போனார்கள் என்பதற்கும் நம் மாவட்டமே சான்று. 1891-இல் செங்கல்பட்டு ஆட்சியராக இருந்த டிரெமன்ஹீர் அரசுக்கு அளித்த அறிக்கை, இங்குள்ள தலித் பண்ணையாட்களின் நிலமற்ற, கடனில் மூழ்கிய வாழ்வை விவரித்தது. அதன் விளைவாகவே பஞ்சமி நிலங்கள் பிறந்தன. சொந்த ஊரில் ஒரு காணி நிலமும் மதிப்பும் கிடைக்காதவன்தான் கடல் கடந்தான்.

போரால் ரப்பர் ஏற்றுமதி நின்றது. தோட்டங்களில் வேலை இல்லை, அரிசி இல்லை. அந்தப் பசியின் நடுவே, நாளுக்கு ஒரு வெள்ளி கூலி, மூன்று மாத வேலை, இலவச உணவு என்ற அறிவிப்பு வந்தது. நம்பிப் போனவர்கள் திரும்பவில்லை என்று தெரிந்தபின் யாரும் முன்வராதபோது, ஆட்களை வளைத்துப் பிடித்து ரயில் பெட்டிகளில் ஏற்றினர். சில குடும்பங்கள் பெண்களோடும் பிள்ளைகளோடும் போயின. 1943 மழைக்காலத்தில் காலரா பரவியது.

இங்கே ஒரு கணக்கைக் கவனிப்போம். கைதிகளில் ஐவரில் ஒருவர் இறந்தார். ஆசியத் தொழிலாளர்களில் இருவரில் ஒருவர் என்னும் அளவுக்கு இறந்தனர். ஒரே காடு, ஒரே மழை, ஒரே நோய், ஒரே காவலர்கள். பின் ஏன் இந்த வேறுபாடு? கைதிகளிடையே மருத்துவர்கள் இருந்தார்கள். கொதிக்க வைத்த நீரையே குடிக்க வேண்டும் என்று கட்டளையிட அதிகாரிகள் இருந்தார்கள். யார் உயிரோடு இருக்கிறார், யார் இறந்தார் என்ற பட்டியலை மறைத்து வைத்துக் காத்தார்கள். நம் தொழிலாளிக்கு மருத்துவரும் இல்லை, தலைவரும் இல்லை, பட்டியலும் இல்லை. அவன் கணக்கில் ‘கூலி’ என்ற ஒரு சொல்லாக மட்டுமே இருந்தான். இன்று காஞ்சனபுரிப் போர்க் கல்லறைத் தோட்டத்தில் ஏறத்தாழ 7,000 கல்லறைகள் வரிசையாக, தூய்மையாகப் பராமரிக்கப்படுகின்றன. அதே ஊரில் 1990-இல் தோண்டியபோது, குவியலாகப் புதைக்கப்பட்ட தொழிலாளர்களின் எலும்புகள் கிடைத்தன. அவற்றுக்குப் பெயர் இல்லை.

மனிதர் மரக்கட்டைகளானபோது

பெயரை எடுத்துவிட்டால் மனிதரை என்ன செய்யலாம் என்பதை மஞ்சூரியாவில் உலகம் கண்டது. ஹார்பின் நகருக்கு அருகே பிங்பாங் என்ற இடத்தில் மருத்துவர் இஷி ஷிரோ தலைமையில் இயங்கிய 731-ஆம் பிரிவு, சீனர்கள், ரஷ்யர்கள், கொரியர்கள், மங்கோலியர்கள் மீது சோதனைகள் நடத்தியது. பிளேக், காலராக் கிருமிகள் அவர்கள் உடலில் செலுத்தப்பட்டன. உறைபனியில் கைகால்கள் அழுகச் செய்யப்பட்டன. சிலர் உயிரோடு அறுக்கப்பட்டனர். குறைந்தது 3,000 பேர் அங்கே கொல்லப்பட்டனர். அவர்களை அங்கிருந்தவர்கள் அழைத்த சொல் ‘மருத்தா’. அதற்கு மரக்கட்டை என்று பொருள்.

இந்தக் கை தெற்கேயும் நீண்டது. சிங்கப்பூரில் மருத்துவக் கல்லூரிக் கட்டடத்திலேயே 9420-ஆம் பிரிவு எலிகளையும் தெள்ளுப்பூச்சிகளையும் வளர்த்தது. இந்தோனேசியாவில் 1944 ஆகஸ்டில், கட்டாய உழைப்புக்காகக் கொண்டுவரப்பட்டு ஜகார்த்தா அருகே கிளெண்டர் முகாமில் வைக்கப்பட்டிருந்த தொழிலாளர்கள், தடுப்பூசி போட்டபின் டெட்டனஸ் நோயால் நூற்றுக்கணக்கில் மடிந்தனர். பழியை இந்தோனேசிய அறிவியலாளர் அக்மத் மொக்தார் மீது போட்டு, 1945 ஜூலையில் அவர் தலையை வெட்டினர். தடுப்பூசியையே ஜப்பானிய இராணுவ மருத்துவர்கள் அம்மக்கள் மீது சோதித்திருக்கக்கூடும் என்பது பின்னாளில் இதை ஆராய்ந்த அறிவியலாளர்களின் முடிவு.

2018-இல் ஜப்பானின் தேசிய ஆவணக் காப்பகம் 731-ஆம் பிரிவில் பணியாற்றிய 3,607 பேரின் பெயர்ப் பட்டியலை வெளியிட்டது. கொன்றவர்களுக்குப் பெயர், பதவி, முகவரி எல்லாம் இருந்தன. கொல்லப்பட்டவர்களில் மிகப் பலருக்கு எண் மட்டுமே இருந்தது.

ஜப்பானியர் மட்டும்தானா?

இதைப் படிக்கும்போது ஓர் இனத்தின் மீது வெறுப்புக் கொள்வது எளிது. அது நற்செய்தியின் வழியல்ல, உண்மையும் அல்ல. இஷி ஒருநாளும் நீதிமன்றத்தில் நிறுத்தப்படவில்லை. ஏனெனில் அவரது சோதனை முடிவுகளைப் பெறுவதற்காக அமெரிக்கா அவருக்கும் அவருடைய ஆட்களுக்கும் பாதுகாப்பு அளித்தது. அதே அமெரிக்காவில் டஸ்கிகீ நகரில் 1932 முதல் 1972 வரை, மேகநோய் கொண்ட ஏழைக் கறுப்பின மக்களுக்கு மருந்து கொடுக்காமல், நோயின் போக்கை வேடிக்கை பார்த்தனர். பிரிட்டிஷ் அறிவியலாளர்கள் ராவல்பிண்டியில் நம் இந்தியப் படைவீரர்கள் மீதே கடுகு வாயுவைச் சோதித்தனர். இது 2007-இல் பரவலாக வெளிச்சத்துக்கு வந்தது.

மறுபுறம், ஜப்பானியரிடையே மனச்சான்றின் குரலும் எழுந்தது. 1945-இல் கியூஷு பல்கலைக்கழகத்தில் எட்டு அமெரிக்க விமானப்படையினர் அறுவை செய்து கொல்லப்பட்டதை அடிப்படையாக வைத்து, கத்தோலிக்க எழுத்தாளர் எண்டோ ஷுசாக்கு ‘கடலும் நஞ்சும்’ என்ற நாவலை எழுதித் தம் மக்களைக் கேள்வி கேட்டார். 1986-இல் டோக்கியோவில் ஆசிய ஆயர்கள் கூடியபோது, டோக்கியோ பேராயர் ஷிரயனாகி போரில் ஜப்பானியர் செய்தவற்றுக்காக ஆசிய மக்களிடம் மன்னிப்புக் கேட்டார். இன்று நம் பகுதி இளைஞர்கள் பலர் ஜப்பானிய நிறுவனங்களில் வேலை செய்கின்றனர். சென்னை மெட்ரோ ரயில் ஜப்பானியக் கடனுதவியோடு ஓடுகிறது. நல்லது. நட்புக்காக நினைவைத் துறக்க வேண்டியதில்லை. நினைவுக்காக நட்பைத் துறக்க வேண்டியதும் இல்லை.

ஏன் மறந்தோம்?

மறதியில் நம் பங்கும் உண்டு. பிரிட்டிஷார் தம் படைவீரர்களை மட்டும் எண்ணினர். நேதாஜியின் படைக்கு ஜப்பான் துணை நின்றதால், விடுதலை வரலாற்றில் இந்தக் கண்ணீருக்கு இடம் கிடைக்கவில்லை. அந்தமானில் 1944 ஜனவரி 30 அன்று, உளவாளிகள் என்று குற்றஞ்சாட்டி ஹம்ப்ரிகஞ்சில் 44 இந்தியர்களைச் ஜப்பானியர் சுட்டுக்கொன்றதும் நம் பாடநூல்களில் பெரிதாக இல்லை. 1952-இல் ஜப்பானோடு செய்த அமைதி உடன்படிக்கையில் இந்தியா இழப்பீட்டுக் கோரிக்கைகளைப் பெருந்தன்மையோடு கைவிட்டது. ஆனால் அந்தப் பெருந்தன்மைக்கு விலை கொடுத்த ஏழைத் தொழிலாளியின் குடும்பத்தை யாரும் கேட்கவில்லை. டோக்கியோ விசாரணையில் குற்றவாளிகள் எவருமில்லை என்று தனித்தீர்ப்பு எழுதிய இந்திய நீதிபதி ராதாவினோத் பாலுக்கு 2005-இல் டோக்கியோவின் யாசுகுனி ஆலயத்தில் நினைவுச்சின்னம் எழுந்தது. மரண ரயில்பாதையில் மாண்ட தமிழருக்குக் காஞ்சனபுரியில் தமிழ் அமைப்புகள் ஒரு நடுகல் நட 2023 மே முதல் நாள்வரை காத்திருக்க வேண்டியிருந்தது. தமிழ்நாடு அரசும் அதற்கு நிதி வழங்கியது. அதுவரை ஆர். சண்முகம், அ. ரெங்கசாமி போன்ற மலேசியத் தமிழ் எழுத்தாளர்களின் நாவல்களே அவர்களுக்கு நடுகல்லாக இருந்தன.

இன்றும் அதே பாதை

அன்பார்ந்தவர்களே, இது முடிந்துபோன கதையாக இருந்தால் மன்றாட்டோடு நிறுத்திக்கொள்ளலாம். ஆனால் மரண ரயில்பாதை தாய்லாந்து–மியான்மர் எல்லையைக் கடந்த இடத்துக்கு வடக்கே, அதே எல்லையில், மியாவாடி என்ற ஊர் இருக்கிறது. கணினி வேலை, நல்ல சம்பளம் என்ற விளம்பரத்தை நம்பித் தாய்லாந்துக்குப் போன நம் இளைஞர்கள் அங்கே கடத்தப்பட்டு, இணைய மோசடிக் கூடங்களில் அடைக்கப்பட்டனர். 2022 அக்டோபரில் 13 தமிழர்கள் மீட்கப்பட்டுச் சென்னை வந்தனர். 2025 மார்ச்சில் 500-க்கும் மேற்பட்ட இந்தியர்கள் விமானப்படை விமானங்களில் அழைத்துவரப்பட்டனர். விளம்பரம், முகவர், எல்லை, பறிக்கப்பட்ட கடவுச்சீட்டு: வழிமுறை பெரிதாக மாறவில்லை.

கடல் கடக்கவும் தேவையில்லை. 2019 ஜூலையில் காஞ்சிபுரம், வேலூர் பகுதிகளில் மரம் வெட்டும் இடங்களிலிருந்து 42 இருளர் பழங்குடியினர் கொத்தடிமை நிலையிலிருந்து மீட்கப்பட்டனர். கொத்தடிமை முறை 1976-லேயே சட்டப்படி ஒழிக்கப்பட்டது என்பதை நினைவில் கொள்வோம்.

மருத்துவ ஆய்விலும் விழிப்பு வேண்டும். ஆய்வு தீமையன்று. 1968-இல் அன்றைய செங்கல்பட்டு மாவட்டத்தில் தொடங்கிய பி.சி.ஜி. தடுப்பூசி ஆய்வில் நம் மக்கள் இரண்டரை லட்சத்துக்கும் மேற்பட்டோர் கைநீட்டினர். நுரையீரல் காசநோயிலிருந்து பெரியவர்களுக்கு அது பாதுகாப்புத் தரவில்லை என்ற எதிர்பாராத முடிவும் மறைக்கப்படாமல் உலகுக்கு அறிவிக்கப்பட்டது. ஏழைகளின் உடல் உலக மருத்துவத்துக்குச் செய்த கொடை அது. ஆனால் 2009–10-இல் ஆந்திராவின் கம்மம் பகுதியில் பழங்குடிச் சிறுமிகளுக்குக் கருப்பைவாய்ப் புற்றுநோய்த் தடுப்பூசி போட்ட ஆய்வில், பெற்றோருக்குப் பதிலாக விடுதிக் காப்பாளர்கள் ஒப்புதல் கையெழுத்திட்டதை நாடாளுமன்றக் குழு 2013-இல் கண்டித்தது. தடுப்பூசி நல்லதே. கேட்காமல் போட்டதே தவறு.

நம் அழைப்பு

ஆண்டவர் இயேசு சொன்ன உவமையில் செல்வருக்குப் பெயர் இல்லை. வாயிலில் புண்களோடு கிடந்த ஏழைக்கு இலாசர் என்ற பெயர் இருக்கிறது (லூக் 16:19-31). உலகம் எழுதும் ஏட்டை ஆண்டவர் தலைகீழாகத் திருப்பி வைக்கிறார். நல்ல ஆயர் தம் ஆடுகளைப் பெயர் சொல்லி அழைக்கிறார் (யோவா 10:3). தம்பி எங்கே என்று காயினிடம் கேட்ட கடவுள் (தொநூ 4:9), இரண்டு லட்சம் தம்பியரைப் பற்றியும் கேட்கிறார். அடிமைத்தனத்தையும், மனிதரை ஆதாயக் கருவியாக மட்டும் நடத்தும் வேலைச்சூழலையும் மனித மாண்புக்கு எதிரான இழிசெயல்களாக இரண்டாம் வத்திக்கான் சங்கம் கண்டிக்கிறது (இன்றைய உலகில் திருச்சபை, 27).

எனவே மூன்று செயல்களை நம் அன்பியங்களில் தொடங்குவோம். முதலாவது, குடும்பத்தில் மலாயா, பர்மா சென்று திரும்பாதவர் எவராவது உண்டா என்று முதியோரிடம் கேட்டு, பெயரை எழுதி, இம்மாதத் திருப்பலிக் கருத்தில் சேர்ப்போம். இரண்டாவது, வேலைக்காக வெளிநாடும் வெளிமாநிலமும் சென்றுள்ள நம் பங்கு மக்களின் பெயர், ஊர், தொலைபேசி எண், சென்ற முகவர் ஆகியவற்றைப் பங்குப் பேரவை பதிவு செய்து வைக்கட்டும். சுற்றுலா விசாவில் வேலைக்குப் போகாதீர்கள். முகவர் அரசிடம் பதிவு பெற்றவரா என்று பாருங்கள் என்று இளையோருக்குச் சொல்வோம். மூன்றாவது, நம் எல்லைக்குள் உள்ள செங்கல் சூளைகளிலும் அரிசி ஆலைகளிலும் வேலை செய்யும் குடும்பங்களைப் பெயர் சொல்லி அறிந்துகொள்வோம். அவர்கள் எந்த மதத்தினர் என்று கேட்க வேண்டாம்.

பெயர் தெரிந்த மனிதரைக் காணாமல் போகச் செய்வது கடினம். தேடுவதற்கு ஒருவர் இருக்கிறார் என்று தெரிந்தால் முகவரும் முதலாளியும் தயங்குவார்கள். அந்த ஒருவராக நாம் இருப்போம்.

சயாமின் காட்டிலும் அந்தமான் கரையிலும் மஞ்சூரியாவின் சிறைகளிலும் மாண்ட அனைவருக்கும், இறைவா, முடிவில்லா இளைப்பாற்றியை அளித்தருளும். எங்களுக்குத் தெரியாத அவர்களின் பெயர்கள் உமக்குத் தெரியும்.